விட்டுட்டேன்: தேய்ந்த சொல் இலக்கணமாகும் விதம்

"எழுத்தே இல்லாத மொழிகளுக்கும் இலக்கணம் உண்டு என்கிறீர்களே, அந்த விதிகளை யார் போட்டது?" என்று ஒரு வாசகர் கேட்டிருக்கிறார். யாரும் போடவில்லை. உலகில் ஏறத்தாழ 7,000 மொழிகள் பேசப்படுகின்றன. அவற்றில் மிகப் பலவற்றுக்கு இன்றுவரை முழுமையான இலக்கண நூல் கிடையாது. இலக்கணம் இல்லாத மொழியோ ஒன்றுகூடக் கிடையாது. விகுதி, உருபு, இடைநிலை என்று பள்ளியில் படித்த துண்டுகளில் பலவும் ஒரு காலத்தில் தனிச் சொற்களாக நடமாடியவை. பேசிப் பேசித் தேய்ந்து, பக்கத்துச் சொல்லோடு ஒட்டிக்கொண்டவை. பிரெஞ்சு மொழியியலாளர் அந்த்வான் மெய்யே 1912-இல் இதற்கு இலக்கணமாதல் என்று பொருள்படும் ஒரு பெயரைச் சூட்டினார்.

இதைப் பார்க்க நுண்ணோக்கி வேண்டாம், ஒரு பேச்சு வாக்கியம் போதும்: "புத்தகத்தை அங்கேயே விட்டுட்டேன்."

எழுத்தில் அது "விட்டு விட்டேன்". ஒரே வினை இரண்டு முறை வருகிறது. முதல் "விட்டு" உண்மையிலேயே ஒன்றை விட்டு நீங்குவதைச் சொல்கிறது. இரண்டாவது "விட்டேன்" எதையும் விடுவதில்லை. செயல் முடிந்துபோனது, இனி மாற்ற முடியாது என்பதுதான் அதன் வேலை. வாய் எதைத் தேய்க்கிறது என்று கவனியுங்கள். இரண்டாவதை மட்டும். முதல் "விட்டு" ஒரு ஒலியும் குறையாமல் நிற்கிறது. கொச்சைப் பேச்சு என்பது நாக்கின் சோம்பல் என்றால், ஒரே ஒலி கொண்ட இரண்டு சொற்களும் ஒன்றுபோலத் தேய்ந்திருக்க வேண்டும். அப்படி நடக்கவில்லை. எது சொல், எது இலக்கணக் கருவி என்று பேசுபவரின் மூளை அறிந்திருக்கிறது. கருவியை மட்டும் சுருக்குகிறது. ஆங்கிலத்திலும் இதே கதைதான். "கோயிங் டு ஸ்லீப்" என்பதைத் "தூங்கப் போகிறேன்" என்ற எதிர்காலப் பொருளில் "கொனா ஸ்லீப்" என்று சுருக்குவார்கள். "பள்ளிக்குப் போகிறேன்" என்று நடந்து போவதைச் சொல்லும்போது "கொனா ஸ்கூல்" என்று ஒருவரும் சொல்வதில்லை.

இந்தத் தேய்மானத்துக்கு ஒரு வரிசை உண்டு. "வீட்டிலிருந்து வந்தான்" என்பதை எடுத்துக்கொள்வோம். தொடக்கத்தில் இது "வீட்டில் இருந்தான், பிறகு வந்தான்" என்ற இரண்டு செயல்கள். "மரத்திலிருந்து பழம் விழுந்தது" என்னும்போதும் பழம் மரத்தில் இருந்தது என்று சமாளிக்கலாம். "நேற்றிலிருந்து காய்ச்சல்" என்று சொல்லும் நாளில் கதை மாறிவிட்டது. நேற்றில் யாரும் இருக்கவில்லை. பழைய பொருள் வெளிறி, முன்பு பொருந்தாத இடங்களுக்கெல்லாம் சொல் பரவிவிட்டது. அடுத்து அது தன் சுதந்திரத்தை இழக்கிறது. "வீட்டில் நிம்மதியாக இருந்து வந்தான்" என்று நடுவே ஒரு சொல்லை நுழைத்தால் உடனே பழைய "இரு" என்ற வினை எழுந்துவிடும், உருபு காணாமல் போகும். கடைசியாகத்தான் ஒலி தேய்கிறது: "வீட்லேர்ந்து". ஒரு சொல் எவ்வளவு தூரம் இலக்கணமாகிவிட்டது என்று அறிய விரும்புவோர் இந்த மூன்றையும் வரிசையாகச் சோதிக்கலாம்: பொருந்தாத இடத்தில் வருகிறதா, நடுவே சொல் நுழைகிறதா, ஒலி குறைந்திருக்கிறதா. ஒலி ஒற்றுமையை மட்டும் வைத்து "இந்த விகுதி அந்தச் சொல்லிலிருந்து வந்தது" என்று தீர்மானிப்பவர்கள்தான் பெரும்பாலும் வழுக்கி விழுகிறார்கள். காலவரிசையில் எழுத்துச் சான்றும் வேண்டும்.

தமிழோடு உறவு நிறுவப்படாத ஜப்பானிய மொழி இதே பாதையில் நடந்திருப்பதுதான் எனக்குத் தீராத வியப்பு. "செய்து பார்" என்றால் நாம் முயன்று பார்ப்பதைக் குறிக்கிறோம். ஜப்பானியர் "ஷிதே மிரு" என்கிறார்கள். "மிரு" என்றால் பார். "சாப்பிட்டு விட்டேன்" என்பதற்கு அவர்கள் "தபேதே ஷிமத்தா" என்பார்கள். "ஷிமவ்" என்பது எடுத்து வைத்து முடிப்பதைக் குறிக்கும் வினை. பேச்சில் அது சுருங்கி "தபெச்சத்தா" ஆகிறது. சாப்பிட்டுட்டேன், தபெச்சத்தா. இரண்டும் ஒரே பட்டறையில் அடித்தவைபோல இருக்கின்றன.

மூலச் சொற்களும் எல்லா இடத்திலும் ஏறக்குறைய அவையேதான்: நில், இரு, போ, வேண்டு, முடி. சுவாஹிலி மொழியின் எதிர்கால இடைநிலை "தா", விரும்புதலைக் குறிக்கும் "தக்கா" என்ற வினையின் தேய்ந்த மிச்சம். ஆங்கிலத்தின் "வில்" என்பதும் முன்பு விரும்புதல்தான். நிகழ்கால இடைநிலைகள் ஆநின்று, கின்று, கிறு என்று நன்னூல் 13-ஆம் நூற்றாண்டில் பட்டியலிடுகிறது. "உண்ணாநின்றான்" என்பதற்குள் "நில்" வெளிப்படையாகவே நின்றுகொண்டிருக்கிறது. ஸ்பானிய மொழியில் "செய்துகொண்டிருக்கிறேன்" என்று சொல்ல உதவும் "எஸ்தார்" என்ற துணைவினையும் லத்தீனில் "நில்" என்ற வினையாக இருந்ததே.

தேய்ந்த உறுப்பு ஒருநாள் பயனற்றுப் போகும். லத்தீனில் "காந்தாபித்" என்றால் பாடுவான், "காந்தாவித்" என்றால் பாடினான். பிற்கால லத்தீனில் இரண்டு உயிர்களுக்கு நடுவே வந்த "ப"கரமும் "வ"கரமும் ஒரே ஒலியாகிவிட்டன. வருவதும் போனதும் காதுக்கு ஒன்றாகிவிட்டால் என்ன செய்வது? "பாட எனக்கு உண்டு" என்ற பொருளில் வழங்கிய "காந்தாரெ ஹபேயோ" என்ற தொடர் எதிர்காலத்தைச் சுமக்க வந்தது. அது ஒட்டி, தேய்ந்து, லத்தீனிலிருந்து பிறந்த பிரெஞ்சில் "ஷாந்த்ரே" (பாடுவேன்) ஆனது. கடைசியில் ஒலிக்கும் "ஏ"தான் அந்த "எனக்கு உண்டு". போர்ச்சுகீசிய எழுத்து நடையில் ஒட்டுப்போட்ட தையல் இன்னும் தெரிகிறது. "அவருக்குக் கொடுப்பேன்" என்பதை "தார்-ல்யெ-எய்" என்று எழுதலாம். வினைக்கும் விகுதிக்கும் நடுவே "அவருக்கு" உட்கார்ந்திருக்கிறது. தமிழிலும் அப்படி ஒரு தையல் உண்டு: "வந்தே விட்டான்". நடுவே ஏகாரம் நுழைந்த கணத்தில் "விட்டான்" சுருங்க மறுத்து முழு உருவில் வருகிறது. பிரெஞ்சுக்காரர்களோ இப்போது பேச்சில் "பாடப் போகிறேன்" என்ற புதிய தொடருக்குப் பெருமளவு நகர்ந்துவிட்டார்கள். சக்கரம் அடுத்த சுற்றில் இருக்கிறது.

சமூகம் இதில் எங்கே வருகிறது? மரியாதையில் மிகத் தெளிவாக. பழந்தமிழில் "அவர்" பன்மை. ஒருவரைப் பலராகச் சொல்வது உயர்வு என்பதால் அது ஒருவருக்கே உரியதானது. பன்மைக்கு ஆள் இல்லாமல் போனதும் "கள்" சேர்த்து "அவர்கள்" வந்தது. பிறகு அதுவும் ஒருவருக்கு மரியாதையாகவும் வழங்கலானது. "நீர்" இதே வழியில் பன்மையிலிருந்து இறங்கி, "நீங்கள்" அந்த இடத்துக்கு ஏறியது. ஸ்பானிய மொழியின் "உஸ்தெத்", "உங்கள் அருள்" என்ற நீண்ட விளிப்பின் தேய்ந்த வடிவம். மரியாதைச் சொல் எல்லோருக்கும் வழங்கத் தொடங்கினால் அதன் மதிப்பு இறங்கும். பணவீக்கம்போல, புதிய நோட்டு அச்சாக வேண்டியிருக்கும்.

பெரிய சமூகங்களின் மொழிகளில் விகுதிகள் குறையும் என்ற கருத்தும் உண்டு. வளர்ந்த பின் அந்த மொழியைக் கற்பவர்கள் பெருகுவதால் சிக்கலான வடிவங்கள் உதிரும் என்பது அதன் காரணம். 2010-இல் 2,000-க்கும் மேற்பட்ட மொழிகளை ஒப்பிட்ட ஓர் ஆய்வு இதற்கு ஆதரவாக இருந்தது. 2023-இல் 1,300-க்கும் மேற்பட்ட மொழிகளை வைத்து, மொழிக்குடும்பத்தையும் அண்டை நிலப்பரப்பையும் கணக்கில் சேர்த்து ஆராய்ந்தபோது, எதிர்பார்த்த தொடர்பு பெரும்பாலும் தென்படவில்லை. உடன்பிறந்த மொழிகள் ஒன்றுபோல இருப்பது பரம்பரை. அவற்றைத் தனித்தனிச் சான்றாக எண்ணினால் கணக்கு பிழைத்துவிடும். இந்தக் கணினி ஆய்வுகளுக்கெல்லாம் மூலப்பொருள், யாரோ ஒருவர் ஒரு சிறிய மொழிச் சமூகத்தோடு ஆண்டுக்கணக்கில் இருந்து எழுதிய இலக்கண விவரிப்புதான். அந்தக் களப்பணிக்குப் பணம் ஒதுக்காமல் மென்பொருளுக்கு மட்டும் நிதி வழங்குவது, விதைநெல்லை விட்டுவிட்டு அரவை ஆலை கட்டுவதற்குச் சமம். பேசும் கடைசி ஆள் போன பிறகு எந்த நிதியும் அந்த மொழியின் இலக்கணத்தை மீட்டுத் தராது.

பேச்சுத் தமிழ் கெட்டுப்போன எழுத்துத் தமிழ் என்ற நம்பிக்கையை நான் ஏற்கவில்லை. மேலே பார்த்த விதிகள் அதில் துல்லியமாக வேலை செய்துகொண்டிருக்கின்றன. லத்தீனில் நடந்த மோதலைக்கூட அதில் கேட்கலாம். "செய்துகொண்டு" பேச்சில் "செஞ்சிக்கிட்டு" ஆனது. பலர் வாயில் "க்கி"யும் விழுந்து "செஞ்சிட்டு" என்றாகிவிட்டது. "செய்துவிட்டு" என்பதும் பேச்சில் "செஞ்சிட்டு"தான். ஆகவே "போன் வந்தப்போ சாப்பிட்டுட்டு இருந்தேன்" என்பதற்கு இரண்டு பொருள்: சாப்பாடு நடந்துகொண்டிருந்தது, அல்லது முடிந்து சும்மா இருந்தேன். சிலர் "ட்டு"வுக்குப் பின் சற்று நிறுத்தி வேறுபடுத்துகிறார்கள். சிலர் "க்கிட்டு"வைக் கைவிடாமல் வைத்திருக்கிறார்கள். இன்னும் சிலர் குழப்பம் வரும்போது வேறொரு வினையைத் துணைக்கு அழைக்கிறார்கள்: "சாப்பிட்டு முடிச்சுட்டு இருந்தேன்." அந்த "முடி" இன்னும் தேயவில்லை, அதன் பொருள் முழுசாக இருக்கிறது, ஒலியும் முழுசாக இருக்கிறது.