தன் விரல் தனக்குக் கூசாது

ஒன்பதாம் வகுப்பு மாணவி ஒருவர் எழுதிக் கேட்டிருக்கிறார்: "தம்பி என் இடுப்பில் விரலை வைத்தாலே துள்ளிக் குதித்துச் சிரிக்கிறேன். அதே இடத்தில் நானே விரலை வைத்தால் ஒன்றுமே ஆவதில்லை. தோல் அதே தோல், விரலும் விரல்தானே?"

கடைசி வரியை இரண்டு முறை படித்தேன். இந்தப் புதிரை இதைவிடக் கூர்மையாகக் கேட்க முடியாது. மனிதனுக்குக் கூச்சம் வருவதற்குக் காரணம் அவனுடைய தோல் மெல்லியதாக இருப்பதும், விலங்குகளில் அவன் ஒருவனே சிரிக்கத் தெரிந்தவனாக இருப்பதும்தான் என்று அரிஸ்டாட்டில் எழுதினார். மாணவியின் கேள்விக்கு முன்னால் அந்த விளக்கத்தின் முதல் பாதி நிற்காது. தோல்தான் காரணம் என்றால் யார் விரல் பட்டாலும் கூச வேண்டும். இரண்டாம் பாதியை எலிகள் பொய்யாக்கிவிட்டன. அதற்குப் பிறகு வருகிறேன்.

தோலில் உள்ள ஏற்பிகள் தொடுகையை உணர்ந்து, நரம்பு வழியாகத் தண்டுவடத்துக்கும் அங்கிருந்து மூளைக்கும் செய்தி அனுப்புகின்றன என்பது பள்ளிப் பாடத்திலேயே இருக்கிறது. தம்பி தொட்டாலும் நாமே தொட்டாலும் இந்தப் பாதை ஒன்றுதான். செய்தி போய்ச் சேரும் இடத்தில் அதற்குக் கிடைக்கும் வரவேற்பில்தான் வித்தியாசம்.

தீபாவளியன்று வெடிக்குத் திரி கொளுத்தியவர் சத்தம் கேட்டுத் திடுக்கிடுவதில்லை. தெருவோடு போகிறவர்தான் தூக்கிவாரிப் போட்டு நிற்கிறார். வெடி ஒன்று, சத்தமும் ஒன்று. ஆனால் கொளுத்தியவருக்கு அது எப்போது வெடிக்கும் என்று தெரியும். நம் உடம்பின் ஒவ்வோர் அசைவையும் மூளை இந்தத் திரி கொளுத்தியவரைப் போலத்தான் நடத்துகிறது.

விரலை அசைக்கச் சொல்லி மூளை தசைகளுக்கு ஆணை அனுப்பும்போது, அந்த ஆணையின் நகல் ஒன்றும் எடுக்கப்படுகிறது. சிறுமூளை அந்த நகலை வைத்துக்கொண்டு, இந்த ஆணை நிறைவேறினால் விரல் எங்கே படும், எவ்வளவு அழுத்தும், எந்தக் கணத்தில் படும் என்று முன்கூட்டியே கணித்துவிடுகிறது. தோலிலிருந்து வரும் செய்தி அந்தக் கணிப்போடு ஒத்துப்போனால் 'இது நம்முடையதுதான்' என்று அதன் சத்தம் குறைக்கப்படுகிறது. ஒத்துப்போகாவிட்டால் முழுச் சத்தத்தோடு உள்ளே விடப்படுகிறது. மூளையின் எடையில் ஏறத்தாழ பத்தில் ஒரு பங்குதான் சிறுமூளை. ஆனால் மூளையிலுள்ள சுமார் 8,600 கோடி நரம்பணுக்களில் 6,900 கோடி அதற்குள்தான் நெருக்கியடித்துக் கொண்டிருக்கின்றன.

சாரா-ஜெய்ன் பிளேக்மோர், டேனியல் வோல்பர்ட், கிறிஸ் ஃப்ரித் என்ற மூவர் லண்டனில் இதைச் சோதித்து 1998இல் முடிவை வெளியிட்டார்கள். எம்ஆர்ஐ கருவிக்குள் படுத்திருப்பவரின் உள்ளங்கையை ஒரு பஞ்சுத் துண்டு வருடும். சில முறை அவரே அதை அசைப்பார், சில முறை வேறொருவர் அசைப்பார். தானே வருடிக்கொண்டபோது தொடுவுணர்வுக்கான மூளைப் பகுதி அடங்கியே இருந்தது. வேறொருவர் வருடியபோது அது துடிப்பாக எழுந்தது.

அடுத்த ஆண்டு வெளியான அவர்களுடைய சோதனைதான் என் மனத்தைக் கொள்ளைகொண்டது. இந்த முறை பஞ்சை ஓர் இயந்திரக் கை பிடித்திருந்தது. சோதனைக்கு வந்தவர் இடக்கையால் ஒரு பிடியை அசைப்பார். இயந்திரம் அதே அசைவை அப்படியே வாங்கி அவருடைய வலது உள்ளங்கையை வருடும். தன்னைத் தானே தொடுவதுதான், இடையில் ஓர் இயந்திரம் மட்டும் நிற்கிறது. எதிர்பார்த்தபடியே கூச்சம் குறைவாக இருந்தது. பிறகு ஒரு சிறு மாற்றம் செய்தார்கள். பிடியை அசைத்த உடனே அல்லாமல், 100 மில்லி நொடி பிந்திப் பஞ்சு நகரும்படி வைத்தார்கள். பிறகு 200, பிறகு 300. தாமதம் சேரச் சேரக் கூச்சமும் ஏறியது!

ஒரு நொடியில் ஐந்தில் ஒரு பங்கு என்பது எவ்வளவு நேரம்? குறில் ஒன்றை ஒலிக்க ஆகும் மாத்திரைக்குத் தொல்காப்பியம் சொல்லும் அளவு கண் இமைக்கும் பொழுது. ஏறக்குறைய அவ்வளவுதான். 'அ' என்று சொல்லி முடிப்பதற்குள், தன் கை அயலார் கை ஆகிவிடுகிறது. நேரத்தை விட்டுவிட்டுத் திசையைத் திருப்பியும் பார்த்தார்கள். இடக்கை ஒரு பக்கம் போக, பஞ்சு 30, 60, 90 பாகை விலகி நகர்ந்தது. விலகல் கூடக் கூட அங்கேயும் கூச்சம் கூடியது. 'நான்' என்று நாம் இவ்வளவு உறுதியாகச் சொல்லிக்கொள்ளும் ஒன்றின் எல்லையை மூளை நேரத்தாலும் திசையாலும் அளந்து அளந்து வரைந்துகொண்டிருக்கிறது என்பதை நினைக்கும்போதெல்லாம் எனக்குச் சிலிர்க்கிறது.

கூசுவதற்கு எதிரே மனிதர்தான் இருக்க வேண்டும் என்றும் இல்லை. 1999இல் கிறிஸ்டின் ஹாரிஸ், நிக்கோலஸ் கிறிஸ்டன்ஃபெல்ட் இருவரும் ஆட்களின் கண்ணைக் கட்டிவிட்டு, ஒரு முறை மனிதரும் ஒரு முறை இயந்திரமும் காலில் கிச்சுகிச்சு மூட்டும் என்று சொல்லிவைத்தார்கள். உண்மையில் இரண்டு முறையும் மூட்டியது மனிதக் கைதான். இயந்திரம் என்று நம்பியபோதும் அவர்கள் அதே அளவு சிரித்தார்கள். தொடுவது யார் என்பதைவிட, தொடுவது நான் இல்லை என்பதுதான் மூளைக்குப் பெரிய செய்தி.

எலிகளுக்கு வருவோம். அமெரிக்காவின் ஒஹையோ மாநிலத்தில் யாக் பாங்க்செப் 1990களின் பிற்பகுதியில் எலிகளுக்குக் கிச்சுகிச்சு மூட்டிப் பார்த்தார். அவை 50 கிலோஹெர்ட்ஸ் அளவில் மீயொலி எழுப்பின. நம் காது 20 கிலோஹெர்ட்ஸுக்கு மேல் கேட்காது என்பதால் அதற்குத் தனிக் கருவி வேண்டும். மூட்டிய கையை அவை தேடித் தேடி வந்தன. பெர்லினில் இஷியாமாவும் பிரெக்டும் 2016இல் எலியின் மூளையிலேயே இதைப் பதிவு செய்தார்கள். உடலின் நடுப்பகுதிக்கான தொடுவுணர்வு நரம்பணுக்கள் கிச்சுகிச்சு மூட்டும்போது மட்டுமல்ல, தொடாமல் கையைத் துரத்தி விளையாடும்போதும் துடித்தன. அதே எலியை உயரமான மேடையில் வெளிச்சத்துக்கு நடுவே நிறுத்தினால் அந்தத் துடிப்பும் ஒலியும் அடங்கிவிட்டன. பயம் வந்தால் சிரிப்பு வராது. முன்பின் தெரியாதவர் கிச்சுகிச்சு மூட்டினால் குழந்தை சிரிக்காது, அலறும் என்று டார்வின் 1872இல் எழுதியதை எலிகள் மெய்ப்பித்தன.

எலிக்குக் கிச்சுகிச்சு மூட்டவா மக்கள் பணம் என்று கேட்கிறவர்கள் இருக்கிறார்கள். மொத்த உள்நாட்டு உற்பத்தியில் 0.64 சதவீதத்தை மட்டும் ஆராய்ச்சிக்கு ஒதுக்கும் நம் நாட்டில் அந்தக் கேள்வி இன்னும் எளிதாக எழும். அவர்களுக்கு என் பதில் இதுதான். 2000ஆம் ஆண்டில் பிளேக்மோரின் குழு இதே பஞ்சுச் சோதனையை, காதில் குரல்கள் கேட்பதாகவும் வேறு யாரோ தன்னை இயக்குவதாகவும் சொல்லும் மனநோயாளிகளிடம் செய்தது. அவர்களுக்குத் தன் கை தொடுவதும் பிறர் தொடுவதும் ஒரே அளவில் கூசின. தன் செயலைத் தன்னுடையது என்று முத்திரை குத்தும் கணிப்பு அவர்களிடம் பிசகியிருக்கிறது. தன் எண்ணமே வேறொருவர் குரலாகக் கேட்பதற்கு இதனால் ஒரு விளக்கம் கிடைத்தது. இந்தக் குரல்களைத்தான் நம் ஊரில் பேய் என்றும் ஏவல் என்றும் சொல்லிச் சங்கிலியால் கட்டிவைத்தார்கள். 2001 ஆகஸ்டில் ஏர்வாடியில் மனநோயாளிகளை வைத்திருந்த கொட்டகை தீப்பிடித்தபோது, கட்டப்பட்டிருந்ததால் ஓட முடியாமல் 28 பேர் மாண்டார்கள். பஞ்சும் இயந்திரக் கையும் வாங்க ஆகும் செலவு வீண் என்று யாராவது சொன்னால் எனக்குக் கோபம் வருகிறது.

கூச்சத்துக்கும் நகைச்சுவைக்கும் என்ன உறவு? நெருக்கமான உறவு என்பது என் எண்ணம். நகை பிறக்கும் இடம் நான்கு என்கிறது தொல்காப்பியம்: எள்ளல், இளமை, பேதைமை, மடன். பிறரைத் தாழ்வாகக் கண்டு தன் உயர்வை உணரும்போது சிரிப்பு வருகிறது என்று 17ஆம் நூற்றாண்டில் ஆங்கிலத் தத்துவ அறிஞர் ஹாப்ஸ் சொன்னது எள்ளலுக்குப் பொருந்தும், மற்றவற்றுக்கு அவ்வளவாகப் பொருந்தாது. இறுகி நின்ற எதிர்பார்ப்பு சட்டென்று ஒன்றுமில்லாமல் போவதுதான் சிரிப்பு என்று ஜெர்மன் தத்துவ அறிஞர் கான்ட் 1790இல் எழுதினார். என் வாக்கு கான்ட்டுக்கு. குழந்தையின் உள்ளங்கையில் பருப்புக் கடைந்து, அம்மாவுக்குக் கொஞ்சம் அப்பாவுக்குக் கொஞ்சம் என்று விரல்களை மடக்கி, "நண்டு ஊருது, நரி ஊருது" என்று முழங்கையைத் தாண்டும்போதே குழந்தை சிரித்துவிடுகிறது. அக்குள் இன்னும் வரவில்லை. என்ன வரும் என்று அதற்குத் தெரியும், எந்தக் கணத்தில் வரும் என்று தெரியாது. வரப்போவது ஆபத்தில்லை என்பதும் தெரியும். நல்ல நகைச்சுவை நம்மை நடத்திப் போகும் வழியும் இதுதான். தனக்குத் தானே கிச்சுகிச்சு மூட்டிக்கொள்ள முடியாததைப் போலவே தனக்குத் தானே விடுகதை போட்டுக்கொள்ளவும் முடியாது. விடை முன்பே கையில் இருக்கிறது.

கேள்வி கேட்ட மாணவிக்கு ஒரு சோதனை சொல்கிறேன். அடுத்த முறை தம்பி விரலை நீட்டும்போது அவன் கையின் மேல் உங்கள் கையை வைத்து, அவன் அசைவோடு சேர்ந்தே அசையுங்கள். வயிற்றைத் தொட்டாலே கூசி நெளியும் நோயாளியைப் பரிசோதிக்க வேண்டியிருந்தால் மருத்துவர்கள் இதைத்தான் செய்கிறார்கள். நோயாளியின் கையைத் தங்கள் கையோடு சேர்த்து வைத்துக்கொண்டு மெல்ல அழுத்துகிறார்கள். நோயாளி நெளியாமல் படுத்திருக்கிறார்.