வில்லியம் தோண்டிய கோட்டைகள்

பிரான்சின் பேயூ நகரத்துச் சித்திரத் துணி ஏறக்குறைய 70 மீட்டர் நீளம். லினன் துணியில் கம்பளி நூலால் தைத்தது. நார்மண்டியின் டியூக் வில்லியம் 1066இல் இங்கிலாந்தைப் பிடித்த கதை அதில் காட்சி காட்சியாக ஓடுகிறது. ஹேஸ்டிங்ஸ் போருக்குச் சற்று முன்னால் வரும் ஒரு காட்சியில் ஆட்கள் மண்வாரிகளோடு ஒரு மேட்டை எழுப்புகிறார்கள். இரண்டு பேர் வேலையை விட்டுவிட்டு மண்வாரியால் ஒருவர் தலையில் ஒருவர் அடித்துக்கொண்டிருக்கிறார்கள். மேட்டின் உடலில் பட்டை பட்டையாக வெவ்வேறு நிறங்கள். மேலே லத்தீனில் ஒரு வரி இருக்கிறது. ஹேஸ்டிங்ஸில் கோட்டை ஒன்றைத் தோண்டச் சொல்லி இவர் உத்தரவிட்டார் என்று அதற்குப் பொருள்.

‘கட்ட’ என்றுதான் நாம் எதிர்பார்ப்போம். அங்கே இருப்பது ‘தோண்ட’. அந்த ஒரு வினைச்சொல்லைப் பிடித்துக்கொண்டு போனாலே வில்லியமின் கோட்டைகள் எப்படி வேலை செய்தன என்பது புரிந்துவிடும். அந்த நிறப் பட்டைகளுக்கும் அர்த்தம் உண்டு. அதற்கு அப்புறம் வருகிறேன்.

கடல் தாண்டி வந்த வில்லியமின் படையில் சில ஆயிரம் பேர்தான். பிடிக்க வேண்டிய நாட்டிலோ பதினைந்து இருபது லட்சம் மக்கள். போரில் ஜெயிப்பது ஒரு நாள் வேலை. ஜெயித்த ஊரில் பயமில்லாமல் இரவு தூங்குவது எப்படி என்பதுதான் பெரிய கேள்வி. 1066 செப்டம்பர் 28 அன்று பெவன்சியில் கரை இறங்கியதும், அங்கே இருந்த பழைய ரோமானியக் கோட்டைச் சுவருக்குள்ளேயே ஓர் அரணை அமைத்துக்கொண்டார். அடுத்து ஹேஸ்டிங்ஸில் இன்னொன்று. போர் நடந்தது அக்டோபர் 14 அன்று. இடையில் கிடைத்தது பதினாறே நாள். கல்லை வெட்டி, செதுக்கி, சுண்ணாம்பு வைத்துக் கட்டும் எதையும் பதினாறு நாளில் முடிக்க முடியாது. மண்ணில் முடியும்.

இந்த வகைக் கோட்டைக்கு இரண்டு பாகம். ஒன்று, உச்சியில் மரக் கோபுரம் நிற்கும் செங்குத்தான மண்மேடு. மற்றொன்று, அந்த மேட்டின் காலடியில் மரவேலியும் அகழியும் சூழ்ந்த முற்றம். குதிரை லாயம், தானியக் கிடங்கு, சமையற்கூடம், கொல்லுப்பட்டறை, வீரர்களின் படுக்கை எல்லாம் முற்றத்தில். இரண்டையும் ஒரு மரப்பாலம் இணைக்கும். மேட்டை அவர்கள் பழைய பிரெஞ்சில் ‘மோட்’ என்றார்கள். இன்று ஆங்கிலத்தில் அகழிக்கு வழங்கும் ‘மோட்’ என்ற சொல் அதிலிருந்து வந்ததுதான். மேட்டின் பெயர் பள்ளத்துக்குப் போய்விட்டது! இரண்டும் ஒரே வேலையில் பிறந்தவை என்பதால் அது இயல்பாகத்தான் படுகிறது. அகழியிலிருந்து ஒரு கூடை மண்ணை எடுத்து மேட்டில் கொட்டினால், எதிரி இறங்க வேண்டிய ஆழமும் கூடுகிறது, ஏற வேண்டிய உயரமும் கூடுகிறது. சுமந்த ஒவ்வொரு கூடைக்கும் இரட்டைப் பலன்.

எவ்வளவு மண் வேண்டும்? ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். அடியில் 40 மீட்டர் அகலம், உச்சியில் 15 மீட்டர் அகலம், உயரம் 8 மீட்டர். அந்தக் காலத்துக்கு நடுத்தரமான ஒரு மேடு இது. இதன் கன அளவு ஏறக்குறைய 5,000 கன மீட்டர். ஓர் ஆள் ஒரு நாளில் வெட்டி, சுமந்து, கொட்டுவது ஒன்றரை கன மீட்டர் என்று வைத்துக்கொண்டால் மொத்தம் சுமார் 3,400 ஆள்நாள் வேலை. 100 பேர் இருந்தால் ஒரு மாதத்துக்குச் சற்று மேல் ஆகும். 400 பேர் இருந்தால் எட்டு ஒன்பது நாள். யார்க் நகரில் 1069இல் வில்லியம் எட்டு நாள் தங்கி இரண்டாவது கோட்டையை எழுப்பினார் என்று ஆர்டெரிக் விட்டாலிஸ் என்ற துறவி எழுதியிருக்கிறார். மிகைப்படுத்திய பேச்சாகத் தோன்றும் அந்த எட்டு நாள், கணக்குப் போட்டால் நடக்கக்கூடியதாகவே இருக்கிறது.

சரி, அந்த 400 பேர் யார்? நார்மானிய வீரர்கள் மட்டும் என்று நினைக்க இடமில்லை. தோற்ற ஊரின் மக்களையே கட்டாயமாக வேலை வாங்கினார்கள். தங்களை அடக்கி வைக்கப்போகும் மேட்டைத் தங்கள் கூடைகளிலேயே சுமந்து கொட்டினார்கள் அந்த மக்கள். வில்லியம் இறந்த 1087ஆம் ஆண்டுக்கான குறிப்பில் ஆங்கிலோ-சாக்சன் ஆண்டுக்குறிப்பு அவர் கோட்டைகள் கட்டியதையும் ஏழைகளை ஒடுக்கியதையும் ஒரே மூச்சில் சொல்கிறது. இடமும் அவர்களிடமிருந்துதான் எடுக்கப்பட்டது. 1086இல் தொகுத்த டூம்ஸ்டே என்ற நிலப் பதிவேட்டின்படி, கோட்டைக்காக லிங்கன் நகரில் 166 வீடுகளும், நாரிச்சில் 98 வீடுகளும், கேம்பிரிட்ஜில் 27 வீடுகளும் போயின. அந்த எண்களைக் கடக்கும்போதெல்லாம் எனக்கு மனசு கனக்கிறது. ஒவ்வொன்றும் ஒரு அடுப்பு, ஒரு கூரை.

இப்போது அந்த நிறப் பட்டைகள். வீடு கட்டும் இடத்தில் லாரி கொட்டிவிட்டுப் போன மணல் குவியலைப் பார்த்திருப்பீர்கள். எவ்வளவு கொட்டினாலும் அது ஒரு குறிப்பிட்ட சரிவுக்கு மேல் நிற்காது, சரிந்து பரவிவிடும். உலர்ந்த மணலுக்கு அந்தச் சரிவு 30 முதல் 35 டிகிரி. மணிகளுக்கு இடையே உள்ள உராய்வு தாங்கும் எல்லை அது. நாம் கணக்குப் போட்ட மேட்டின் சரிவும் ஏறக்குறைய 33 டிகிரிதான். ஆனால் நூற்றாண்டுக் கணக்கில் மழையைத் தாங்கி நிற்க வெறும் குவியல் போதாது. மண்ணுக்குப் பெரிய பகை தண்ணீர். மணிகளின் இடுக்குகளில் தண்ணீர் நிறைந்தால் அந்த அழுத்தம் மணிகளை ஒன்றிலிருந்து ஒன்று விலக்குகிறது, உராய்வு குறைகிறது, சரிவு வழுக்கிக்கொண்டு இறங்குகிறது.

இதற்கு அவர்கள் கண்ட வழி, அடுக்குதான். களிமண் ஓர் அடுக்கு, அதன்மேல் சரளையோ கல்லோ ஓர் அடுக்கு, மறுபடி களிமண். ஒவ்வொரு அடுக்கையும் திமிசுக்கட்டையால் இடிப்பதுபோல இடித்து இறுக்குவது. களிமண் ஒட்டிப் பிடிக்கும், ஆனால் தண்ணீரை விடாது. சரளை ஒட்டாது, ஆனால் தண்ணீரை வடித்துவிடும், உராய்வும் தரும். ஒன்றின் குறையை மற்றொன்று ஈடு செய்கிறது. எல்லா மேட்டையும் இத்தனை கவனமாகச் செய்யவில்லை. அவசரத்தில் வெறுமனே கொட்டியவையும் உண்டு. ஆனால் யார்க்கில் 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மேட்டைத் தோண்டிப் பார்த்தபோது மண், கல், சரளை, களிமண் என்று படுக்கை படுக்கையாகத்தான் இருந்தது. துணியில் தைத்த நிறப் பட்டைகளை அழகுக்காகப் போட்டவை என்று ஒதுக்கிவிட முடியாது.

33 டிகிரி என்பது நம் வீட்டு மாடிப்படியின் சரிவு. கேட்டால் பெரிதாகத் தெரியாது. ஆனால் படி இல்லை. மழையில் நனைந்த களிமண்ணில், பத்துக் கிலோவுக்கு மேல் எடையுள்ள இரும்பு வளையச் சட்டையோடு, அகழியின் அடியிலிருந்து பத்துப் பதினோரு மீட்டர் உயரம் ஏற வேண்டும். இரண்டு கையையும் ஊன்றினால்தான் ஏற முடியும். அப்போது கேடயம் பிடிக்கக் கை இல்லை. மேலே மரவேலிக்குப் பின்னால் நிற்பவன் கல்லை உருட்டிவிட்டாலே போதும். குதிரைப்படைக்கு இந்தச் சரிவில் வேலையே இல்லை. இருபது முப்பது பேர் ஒரு பெரிய கும்பலைச் சில நாள் தடுத்து வைக்கலாம். அதற்குள் பக்கத்துக் கோட்டையிலிருந்து குதிரைகள் வந்து சேரும். விண்ட்சர் கோட்டை லண்டனிலிருந்து ஏறக்குறைய ஒரு நாள் நடைத் தொலைவில் அமைந்ததைப் பார்த்தால், தொலைவையும் கணக்கில் வைத்தே இடம் பார்த்தார்கள் என்று தோன்றுகிறது.

மரம் என்றதும் தற்காலிகக் கொட்டகை என்று நினைத்துவிடக் கூடாது. வேல்ஸ் எல்லையில் மான்ட்கமரி அருகே ஹென் டோமென் என்ற மேடு இருக்கிறது. வெல்ஷ் மொழியில் பழைய மேடு என்று பொருள். 1070களில் மான்ட்கமரியின் ரோஜர் என்ற பிரபு எழுப்பியது. தொல்லியலாளர் பிலிப் பார்க்கர் 1960இல் தொடங்கி முப்பது ஆண்டுக்கு மேல் அதைப் பொறுமையாக அகழ்ந்தார். முற்றம் நெருக்கமான மரக் கட்டடங்களால் நிறைந்திருந்ததும், திரும்பத் திரும்பப் புதுப்பிக்கப்பட்டதும் தெரியவந்தது. 1223இல் பக்கத்தில் கல்கோட்டை தொடங்கும் வரை, ஏறக்குறைய ஒன்றரை நூற்றாண்டு, எல்லையைக் காத்தது மரம்தான்.

மரத்துக்கு நெருப்பு ஆகாது. பேயூ துணியிலேயே பிரான்சின் தினான் ஊர்க் கோட்டையின் வேலிக்கு வீரர்கள் தீவட்டி வைக்கும் காட்சி உண்டு. அகழிக்கும் ஒரு பலவீனம் இருந்தது. அதைத் தூர்த்துவிடலாம். 1069 செப்டம்பரில் டேனியர்களும் வட இங்கிலாந்துக்காரர்களும் யார்க்கை நெருங்கியபோது, அக்கம்பக்கத்து வீடுகளின் மரத்தைப் போட்டு அகழியை நிரப்பிவிடுவார்கள் என்று பயந்த நார்மானியர், அந்த வீடுகளுக்குத் தாங்களே தீ வைத்தார்கள். தீ கட்டுக்கு அடங்காமல் தேவாலயம் உட்பட நகரையே தின்றது. இரண்டு கோட்டைகளும் விழுந்தன. ஆனால் எரிந்தது மரம், மேடுகள் நின்றன. வில்லியம் திரும்பி வந்து அவற்றின்மேல் மறுபடி மரக் கோபுரங்களை எழுப்பினார். ஊஸ் ஆற்றின் இரு கரைகளிலும் அந்த இரண்டு மேடுகளும் இன்றும் இருக்கின்றன.

அப்படியானால் நேராகக் கல்லிலேயே மேட்டின்மேல் கட்டியிருக்கலாமே? அங்கேதான் மண் எதிர்க்கிறது. ஒரு கன மீட்டர் கல்சுவர் 2 டன்னுக்கு மேல் எடை. 27 மீட்டர் உயரச் சுவர், தான் நிற்கும் ஒவ்வொரு சதுர மீட்டர் தரையையும் 50 டன்னுக்கு மேல் அழுத்தும். புதிதாகக் கொட்டிய மண் அதைத் தாங்காது. களிமண்ணுக்குள் இருக்கும் தண்ணீர் பாரத்தில் மெல்ல மெல்லப் பிழிந்து வெளியேற ஆண்டுகள் ஆகும். அதுவரை மேடு அமிழ்ந்துகொண்டே இருக்கும், அதுவும் எல்லாப் பக்கமும் ஒரே அளவில் அல்ல. மரச்சட்டம் அந்த அசைவுக்கு வளைந்துகொடுக்கும். கல்சுவர் விரிசல் விட்டுவிடும்.

அதனால்தான் வில்லியமின் பெரிய கல்கோபுரங்கள் மேடுகளில் இல்லை. லண்டனின் வெள்ளைக் கோபுரம், 1070களில் ரோசெஸ்டரின் ஆயர் கன்டல்ஃப் மேற்பார்வையில் தொடங்கியது, இயற்கையான தரையில் நிற்கிறது. உயரம் 27 மீட்டர், அடியில் சுவர்க் கனம் நாலரை மீட்டர் வரை. நார்மண்டியின் கான் நகரத்துக் கல் கடல் தாண்டி வந்தது. வாசலைத் தரையில் வைக்காமல் ஒரு மாடி உயரத்தில் வைத்து, மரப்படியால் ஏறும்படி செய்தார்கள். ஆபத்து வந்தால் படியை எடுத்துவிடலாம். கோல்செஸ்டரில் இன்னும் கெட்டிக்காரத்தனம்: ரோமானியப் பேரரசர் கிளாடியஸின் கோவிலுக்குப் போட்ட பழைய மேடையையே அடித்தளமாக எடுத்துக்கொண்டார்கள். ஆயிரம் ஆண்டு இறுகிய அடித்தளம் அமிழாது என்று நம்பலாம். ஆனால் கல் நேரம் கேட்டது. சுண்ணாம்புக் காரை காற்றிலுள்ள கரியமில வாயுவை வாங்கித்தான் கெட்டிப்படும். கனத்த சுவருக்குள் அது மிக மெதுவாக நடக்கும். பனிக்காலத்தில் வேலையும் நிற்கும். வெள்ளைக் கோபுரம் முடிவதைப் பார்க்க வில்லியம் உயிரோடு இல்லை.

பின்னால் வந்த மன்னர்கள் மேடுகளிலும் கல்லை ஏற்றினார்கள். கனமான கோபுரத்துக்குப் பதிலாக உச்சியின் விளிம்பைச் சுற்றி வளையமாக ஒரு சுவர் எழுப்பி, நடுவை வெறுமையாக விடுவது ஒரு வழி. இங்கிலாந்தின் டாட்னெஸ் ஊரில் அதை இன்றும் பார்க்கலாம். யார்க்கில் 13ஆம் நூற்றாண்டில் மூன்றாம் ஹென்றி முழுக் கோபுரத்தையே ஏற்றினார். அந்த மேட்டைக் காக்க வில்லியம் ஃபாஸ் ஆற்றை அணைகட்டி அகழியில் தண்ணீர் நிரப்பியிருந்தார். 1315-16 வெள்ளத்தில் அதே பக்கத்துத் தண்ணீர் மேட்டின் அடிமண்ணை ஊறவைத்தது. 1360 வாக்கில் கோபுரம் மேலிருந்து கீழ்வரை இரண்டு இடத்தில் விரிந்தது.

விண்ட்சரில் சுற்றியுள்ள பள்ளத்திலிருந்து வெட்டிய சுண்ணப்பாறையால் ஆனது மேடு. அதன்மேல் இரண்டாம் ஹென்றி காலத்தில் எழுந்த வட்டக் கோபுரத்தில்தான், மன்னர் அங்கே தங்கியிருக்கும்போது, இன்றும் அரசகுலக் கொடி பறக்கிறது. 1980களின் கடைசியில் அந்தக் கோபுரம் அமிழ்வது தெரிந்து, பொறியாளர்கள் அதன் அடித்தளத்தைப் பலப்படுத்தினார்கள். வில்லியமின் ஆட்கள் கூடையில் கொட்டிய மண் ஒன்பது நூற்றாண்டு கழித்தும் மெல்ல இறங்கிக்கொண்டிருந்தது.