"பெரும்பாம்புக் குட்டியாக்கும், சாரே"

இந்த மழைக்காலத்தில் இப்படிப் பாம்புக்கடியோடு வந்த மூன்றாவது ஆள் இவர். மூன்று பேரும் அவசரப் பிரிவுக்குள் நுழைந்ததும் சொன்னது ஒரே வாக்கியம்: "பயப்பட ஒண்ணும் இல்ல சாரே, பெரும்பாம்புக் குட்டியாக்கும்." (மலைப்பாம்பைத்தான் இங்கே பெரும்பாம்பு என்போம்.)

குமரி மாவட்டத்தின் மேற்குப் பக்கம், ரப்பர் தோட்டங்களுக்கு நடுவே இருக்கும் ஒரு மருத்துவமனையில் வேலை பார்க்கிறேன். பாம்புக்கடி எங்களுக்குப் புதிதல்ல. தெரியாமல் மிதித்துக் கடிபட்டு வருகிறவரைப் பார்த்தால் வருத்தமாக இருக்கும். கையில் தூக்கி வீடியோ எடுத்துக் கடிபட்டு வருகிறவரைப் பார்த்தால் முதலில் கோபம்தான் வருகிறது. மன்னிக்கவும்.

கடைசியாக வந்தவர் பால்வெட்டுத் தொழிலாளி. (ஆளை அடையாளம் தெரியாதபடி சில விவரங்களை மாற்றியிருக்கிறேன்.) மழை விட்ட ஒரு விடியற்காலை, தலையில் லைட்டைக் கட்டிக்கொண்டு வெட்டப் போயிருக்கிறார். ரப்பர் மூட்டில் சருகோடு சருகாக ஒன்று சுருண்டு கிடந்திருக்கிறது. உடம்பு முழுக்கப் பழுப்புப் பட்டைகள். கூட வந்த அக்கா மகன் போனை எடுத்தான், இவர் பாம்பை எடுத்தார். கடி வலது ஆள்காட்டி விரலில். அதற்கப்புறம் செய்ததுதான் என்னால் தாங்க முடியாதது: விஷமில்லாத பாம்புதானே என்று மிச்ச மரங்களையும் வெட்டி, சிரட்டைகளில் நிறைந்த பாலை எடுத்து ஊற்றிவிட்டுத்தான் வீட்டுக்குப் போயிருக்கிறார். கை முழங்கை வரை வீங்கி, வாய் கொப்பளித்த தண்ணீரில் ரத்தம் கண்ட பிறகுதான் ஆட்டோ பிடித்திருக்கிறார்கள்.

விஷம் ரத்தத்தை உறையவிடாமல் செய்திருக்கிறதா என்று பார்க்க, புதிய, காய்ந்த கண்ணாடிக் குழாயில் 2 மில்லி ரத்தம் எடுத்து 20 நிமிடம் அசைக்காமல் வைக்க வேண்டும். (இதைப் படிக்கும் பயிற்சி மருத்துவர்களே, சோப்பு போட்டுக் கழுவிய குழாய் வேண்டாம், பிளாஸ்டிக் வேண்டவே வேண்டாம். பொறுமையில்லாமல் ஐந்து நிமிடத்துக்கு ஒரு தடவை ஆட்டிப் பார்ப்பதும் வேண்டாம்.) அப்புறம் ஒரே ஒரு தடவை சாய்த்துப் பார்ப்போம். நல்ல ரத்தம் உறைந்து அடியிலேயே நிற்கும். அன்று சாய்த்தபோது கட்டன் சாயா மாதிரி விளிம்பு வரை ஓடி வந்தது.

அக்கா மகன் வீடியோவைக் காட்டினான். முழுதாகப் பார்க்கவே தேவையில்லை. இரண்டாவது நொடியில் ஒரு சீறல், குக்கர் விசில் போக இருக்கும்போது வருமே அந்தச் சத்தம். பின்னால் பையனின் குரல்: "தலைய இந்தப் பக்கம் காட்டு மாமா." கண்ணாடி விரியன். எல்லைக்கு அந்தப் பக்கம், கேரளத்தில், அணலி என்பார்கள்.

விரியனைப் பெரும்பாம்புக் குட்டி என்று நினைக்கும் இந்தக் குழப்பம் எங்கிருந்து வருகிறது என்று யோசித்துப் பார்த்தேன். பெரிய பாம்புதான் ஆபத்து என்ற நினைப்பிலிருந்துதான் என்று தோன்றுகிறது. பள்ளிகளில் பாம்புக்கடி பற்றிப் பேசப் போனால் முதல் கேள்வி எப்போதும் இதுதான்: "உலகத்திலேயே பெரிய பாம்பு எது?" பெரியவர்களும் அதையேதான் கேட்கிறார்கள். கூடவே நூறடி அனகோண்டா வீடியோ ஒன்றையும் காட்டுகிறார்கள். சரி, பதில் சொல்லிவிடுகிறேன்.

நீளத்தில் முதலிடம் தென்கிழக்கு ஆசியாவின் ரெட்டிகுலேட்டட் பைத்தான் என்ற மலைப்பாம்பு இனத்துக்கு. உடம்பில் வலை பின்னியது போலக் கோலம் இருக்கும். நம் நாட்டில் நிக்கோபார் தீவுகளில் உண்டு. அமெரிக்காவில் வளர்க்கப்பட்ட ஒன்றை 2011-இல் அளந்தபோது 7.67 மீட்டர், அதாவது 25 அடி சொச்சம். எடை 158 கிலோ. பருமனில் பெரியது தென் அமெரிக்காவின் பச்சை அனகோண்டா. நூறடி வேண்டாம், முப்பதடிக்கு மேல் உயிருள்ள பாம்பு ஒன்றைக் கொண்டு வந்தால் பரிசு என்று நியூயார்க் விலங்கியல் சங்கம் பல பத்தாண்டுகள் அறிவித்து வைத்திருந்தது. ஆயிரம் டாலரில் தொடங்கி ஐம்பதாயிரம் டாலர் வரை ஏற்றியும் பார்த்தார்கள். ஒருவர்கூட வந்து வாங்கவில்லை. அப்புறம் பர்மியப் பைத்தான், ஆப்பிரிக்கப் பாறைப் பைத்தான். அந்த வரிசையில்தான் நம் மலைப்பாம்பும். இங்கே பார்ப்பவை பெரும்பாலும் பத்தடிச் சுற்றில் இருக்கும்.

நான் சொன்ன இத்தனை ராட்சதர்களில் விஷமுள்ளவை எத்தனை? ஒன்றுகூட இல்லை. எல்லாம் இரையைச் சுற்றி இறுக்கிக் கொல்பவை. இவை ஆளை விழுங்காதா என்றால், விழுங்கியிருக்கின்றன. இந்தோனேசியாவின் சுலவேசியில் 2017-இல் எண்ணெய்ப்பனைத் தோட்டத்துக்குப் போன ஓர் இளைஞரையும், அடுத்த ஆண்டு பக்கத்துத் தீவில் காய்கறித் தோட்டத்துக்குப் போன ஒரு பெண்ணையும் ரெட்டிகுலேட்டட் பைத்தான்கள் விழுங்கின. உலகம் முழுக்கச் செய்தியாக வருமளவுக்கு அபூர்வம் அது. இந்தியாவில் 2000 முதல் 2019 வரை பாம்புக்கடியால் இறந்தவர்கள் ஆண்டுக்குச் சராசரியாக 58,000 பேர் என்று ஒரு பெரிய ஆய்வு கணக்கிட்டது. அந்தச் சாவுகளில் பெரும்பங்கு பெரும்பாலும் மூன்று நான்கு அடிக்கு மேல் போகாத பாம்புகளால் வருவது. கண்ணாடி விரியன் அதில் முன்வரிசை.

பெரிய பாம்பில் விஷமுள்ளது ஒன்று உண்டு, ராஜநாகம். விஷப்பாம்புகளில் உலகிலேயே நீளமானது. நம் மலைக்காடுகள் அதன் வசிப்பிடம்தான். மேற்குத் தொடர்ச்சி மலை ராஜநாகம் தனி இனம் என்று 2024-இல் பிரித்துப் பெயரும் வைத்தார்கள். நாம் போடும் விஷமுறிவு மருந்து அதற்குக் கேட்காது. ஆனால் அது மற்ற பாம்புகளைத் தின்று வாழ்வது, தானாக வந்து நம்மை வம்புக்கு இழுக்காது. தூக்கி முத்தம் கொடுக்கப் போகிறவர்களுக்கு மட்டும் இந்தத் தகவல்.

இப்போது குட்டி விஷயம். பொறுமையாகக் கேளுங்கள், எனக்கு இதைச் சொல்லிச் சொல்லி வாய் வலிக்கிறது. மலைப்பாம்பு முட்டையிடும், தாய் அதைச் சுற்றிப் படுத்து அடைகாக்கும். முட்டையை உடைத்து வரும்போதே குட்டி கிட்டத்தட்ட இரண்டடி நீளம். ஒரு சாண் நீளத்தில் மலைப்பாம்புக் குட்டி என்று எதுவும் கிடையாது. கண்ணாடி விரியன் குட்டியாகவே போடும், ஒரே ஈற்றில் இருபது முப்பது. அதுதான் ஒரு சாண். பிறந்த அன்றே விஷம் உண்டு, பல் உண்டு, சீறவும் தெரியும். மலைப்பாம்பின் முதுகில் இருப்பது ஓரம் கிழிந்த, ஒழுங்கில்லாத திட்டுகள். தோல் வழவழவென்று மின்னும். விரியனின் முதுகில் நீள்வட்டப் புள்ளிகள் சங்கிலி கோத்தது போல மூன்று வரிசையாக ஓடும். தோல் சொரசொரவென்று மங்கல். வால் சட்டென்று முடிந்துவிடும். தலையில் அம்புக்குறி போல ஒன்று இரண்டிலும் உண்டு, அதைப் பார்த்துத்தான் ஏமாறுகிறார்கள்.

இதையெல்லாம் மனப்பாடம் செய்துகொண்டு நாளைக்குப் போய்த் தூக்கிவிடாதீர்கள். படத்தில் பார்த்துப் பேசுவதற்குத்தான் இந்தப் பாடம். வளர்ந்த விரியன் நான்கடி வரும், சருகில் பாதி புதைந்திருக்கும், வெளிச்சம் இருக்காது. அந்த நேரத்தில் எனக்கும் தப்பும். மலைப்பாம்பு என்று உறுதியாகத் தெரிந்தாலும் தூக்க வேண்டாம். பல்லெல்லாம் உள்நோக்கி வளைந்தவை. கவ்விய கையை வெடுக்கென்று இழுத்தால் சதை கிழிந்து, ஒடிந்த பல்லும் உள்ளே தங்கிவிடும். (அப்படிக் கிழித்துக்கொண்டு வந்து, "விஷ ஊசி ஏன் போடல?" என்று சண்டை போட்டவர்களும் உண்டு. அந்த விஷமுறிவு மருந்துக்கே ஒவ்வாமை வந்து ஆள் படுத்துவிடலாம். தேவையில்லாதவருக்குப் போட மாட்டோம்.)

கோழிக்கூட்டில் பெரும்பாம்பு கிடந்தால் நாயைக் கட்டிப்போட்டு, பிள்ளைகளை உள்ளே அனுப்பிவிட்டு, வனத்துறைக்கோ தீயணைப்புக்கோ போன் போடுங்கள். கோழியை விழுங்கிய பாம்பு வேகமாக எங்கும் போய்விடாது. அடித்துக் கொன்றால் வழக்கு. வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் இருக்கிற உயிர் அது. நாகராஜாவுக்குப் பாலூற்றிவிட்டு வருகிற வழியில் வாரியலோடு பாம்பைத் துரத்துகிற ஊர் நம்முடையது, தெரியும். இருந்தாலும் சொல்கிறேன்.

வெட்டப் போகிறவர்கள் முழங்கால் வரை பூட்ஸ் போடுங்கள். வியர்க்கும், வழுக்கும், எல்லாம் சரி, போடுங்கள். தொண்டுக் கும்பாரத்திலும் (தேங்காய் மட்டைக் குவியல்) விறகு அட்டியிலும் கம்பால் தட்டாமல் கை விடாதீர்கள்.

கடித்துவிட்டால், எந்தப் பாம்பாக இருந்தாலும், மோதிரம், வளையல், கயிறு எல்லாவற்றையும் உடனே கழற்றுங்கள். முறிந்த எலும்புக்கு மட்டை வைப்பது போலக் கையை அசையாமல் வைத்து 108-ஐக் கூப்பிடுங்கள். இறுக்கிக் கட்டுவது, கீறுவது, உறிஞ்சுவது, பச்சை மருந்து, விஷக்கல் எதுவும் வேண்டாம். பாம்பைத் தேடிப் பிடித்து அரிசிச் சாக்கில் போட்டுக் கொண்டு வரவும் வேண்டாம். ஒருமுறை அப்படி வந்த சாக்கு வரிசை நாற்காலிக்குக் கீழே அரைமணி நேரம் நெளிந்துகொண்டிருந்தது, நாங்கள் யாரும் கவனிக்கவில்லை. நாகம், கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் நான்குக்கும் ஒரே மருந்துதான். உங்கள் உடம்பும் அந்தக் கண்ணாடிக் குழாயும் எனக்கு வேண்டியதைச் சொல்லிவிடும். நீங்கள் சீக்கிரம் வந்தால் போதும். தயவுசெய்து.

பால்வெட்டப் போய்க் கடிபட்ட அந்த அண்ணனுக்கு முதலில் பத்து குப்பி மருந்து, ஆறு மணி நேரம் கழித்து ரத்தம் உறையாததால் மறுபடி. மூன்றாம் நாள் சிறுநீர் குறைந்தது. சிறுநீரகத்துக்காக நாலு தடவை டயாலிசிஸ். மூன்று வாரம் கழித்து வீட்டுக்குப் போனார். ஆள்காட்டி விரல் இன்னும் மடங்கவில்லை, வெட்டுக்கத்தியை அந்தக் கையில் பிடிக்க முடியவில்லை. மனைவிதான் இப்போது வெட்டப் போகிறார். பூட்ஸ் போட்டுக்கொண்டுதான் போகிறாராம், கேட்டுத் தெரிந்துகொண்டேன்.

போன வாரம் அந்த வீடியோ எங்கள் குடியிருப்பு வாட்ஸ்அப் குழுவுக்கும் வந்து சேர்ந்தது. கடிபடும் காட்சியை மட்டும் யாரோ வெட்டியெடுத்திருக்கிறார்கள். தலைப்பும் மாறியிருக்கிறது: "பேச்சிப்பாறையில் அனகோண்டா குட்டி."