ஸ்டே கையில் இருக்கிறது என்று இருந்துவிடாதீர்கள்

"அப்பீல் போட்டாச்சு, தீர்ப்பை நிறைவேற்றக் கூடாதுன்னு ஸ்டேயும் வாங்கியாச்சு. இனி கேஸ் எத்தனை வருஷம் கிடந்தால் நமக்கென்ன?" சிவில் வழக்கில் தோற்று மேல்முறையீடு செய்தவர்களில் பலர் இப்படித்தான் பேசுகிறார்கள். வக்கீல் ஆபீஸ் பக்கம் வருவதை நிறுத்துவதும் இந்தக் கட்டத்தில்தான்.

விசாரணைக்கு அழைக்கும்போது மேல்முறையீட்டாளரோ அவரது வக்கீலோ இல்லாவிட்டால், உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 41 விதி 17-ன்படி நீதிமன்றம் அப்பீலைத் தள்ளுபடி செய்யலாம். வழக்கின் தகுதியைப் பார்த்துத் தள்ளுபடி செய்ய மட்டும் அதிகாரம் கிடையாது. 1976 திருத்தத்தில் சேர்த்த விளக்கம் அதைத் தெளிவாகச் சொல்கிறது. ஆக, உங்கள் பக்க நியாயத்தை அப்பீல் நீதிமன்றம் இன்னும் நிராகரிக்கவில்லை. ஆறுதல்தான். ஆனால் அப்பீலை நம்பி நின்ற ஸ்டே அத்தோடு போய்விடும். கீழ்நீதிமன்ற டிகிரி, அதாவது தீர்ப்பாணை, அப்படியே நிற்கும்; அதைச் செயல்படுத்தக் கேட்கும் நிறைவேற்று மனுவை எதிர்த்தரப்பு நகர்த்தும். வீட்டைக் காலி செய்யச் சொல்லி நீதிமன்ற ஊழியரான அமீனா வந்த பிறகுதான் அப்பீல் போன விஷயமே தெரிந்தது என்று வருகிறவர்கள் உண்டு.

அதே கட்டளையின் விதி 19-ல் மனு போட்டு அப்பீலை மீண்டும் கோப்புக்கு எடுக்கக் கேட்கலாம். காலக்கெடு 30 நாள். உங்களுக்குத் தெரியவந்த நாளிலிருந்து அல்ல, தள்ளுபடியான நாளிலிருந்தே எண்ண வேண்டும். தாண்டிவிட்டால் காலவரையறைச் சட்டம் பிரிவு 5-ல் தாமத மன்னிப்பு மனுவும் சேரும்.

பெரும்பாலான மனுக்கள் இடறுவது பிரமாணப் பத்திரத்தில்தான். 'உடல்நலக் குறைவால் வர இயலவில்லை' என்று ஒரே வரி; என்ன நோய், எந்தத் தேதியில் சிகிச்சை, ஒன்றும் இருக்காது. எதிர்த்தரப்பு வக்கீலுக்கு அதுவே போதும். மருத்துவமனைச் சீட்டு இருந்தால் இணையுங்கள். வாய்தா தேதியைத் தவறாகக் குறித்தது குமாஸ்தா என்றால், அதை அவரே பிரமாணப் பத்திரமாகச் சொல்வது நல்லது. வக்கீலின் தவறுக்குக் கட்சிக்காரரைத் தண்டிக்கக் கூடாது என்று ரபீக் எதிர் முன்ஷிலால் வழக்கில் 1981-லேயே உச்ச நீதிமன்றம் சொன்னது. எல்லோரும் அதை மேற்கோள் காட்டுகிறார்கள். ஆனால் வருஷக்கணக்கில் கேஸ் என்னவானது என்று கேட்கவே இல்லாதவருக்கு அது கைகொடுக்கும் என்று நான் உறுதி சொல்ல மாட்டேன்.

மனு தள்ளுபடியானால் கட்டளை 43 விதி 1(t)-யின் கீழ் மேல்முறையீடு உண்டு. மனு ஏற்கப்பட்டாலோ, பழைய ஸ்டே தானாகத் திரும்பிவிடும் என்று இருக்காமல் அதற்கும் தனியாகக் கேட்டுவிடுங்கள்.

அப்புறம், நீதிமன்றங்களின் ஈகோர்ட்ஸ் செயலியில், ஒவ்வொரு வழக்குக்கும் தனியாகத் தரப்படும் 16 இலக்க சிஎன்ஆர் எண்ணைப் போட்டால் அடுத்த வாய்தா தெரிந்துவிடும். வக்கீலை நம்பவில்லையா என்று யாராவது கோபித்துக்கொண்டால் கோபித்துக்கொள்ளட்டும்.

மேல்முறையீட்டாளர் இறந்துவிட்டால் சிக்கல் வேறு. 90 நாளுக்குள் வாரிசுகளைச் சேர்க்காவிட்டால், யாரும் உத்தரவு போடாமலேயே அப்பீல் அற்றுப்போகும். காரியம் முடிந்த கையோடு வீட்டில் ஒருவர் இறப்புச் சான்றிதழுடன் வக்கீலைப் பார்த்துவிட வேண்டும்.