ஹைட்ரோசாரஸ்: பாய் விரித்த ஓணானுக்குத் தமிழில் என்ன பெயர்?

ஹைட்ரோசாரஸ் என்று கேட்டதும் ஏதோ டைனோசர் என்று நினைப்பவர்களைக் குறை சொல்ல முடியாது. பெயரின் வால் அப்படி. ஆனால் இது அழிந்துபோன விலங்கு இல்லை. பிலிப்பைன்ஸிலும் இந்தோனேசியாவின் சுலவேசி, மலுக்குத் தீவுகளிலும் ஆற்றங்கரை மரங்களில் இன்றும் வெயில் காய்ந்துகொண்டிருக்கிறது. ஆங்கிலத்தில் இதை செயில்ஃபின் லிசர்ட் என்பார்கள், செயில்ஃபின் டிராகன் என்றும் சொல்வதுண்டு. செயில் என்றால் கப்பல் பாய், ஃபின் என்றால் மீனின் துடுப்பு. தமிழில் எழுதுபவர்கள் இதைப் பாய்மரப் பல்லி, துடுப்புப் பல்லி, பாய்மர டிராகன் என்று கைக்கு வந்தபடி எழுதிவிடுகிறார்கள். மூன்றிலும் எனக்குக் குறை உண்டு.

முதலில் விலங்கைப் பார்த்துவிடலாம். நன்றாக வளர்ந்த ஆண், மூக்கு நுனியிலிருந்து வால் நுனிவரை ஏறத்தாழ ஒரு மீட்டர் இருக்கும். அதில் பெரும்பகுதி வால். பிடரியிலிருந்து முதுகு நெடுக முள் வரிசை ஓடுகிறது. அது வாலின் அடிக்கு வந்ததும் திடீரென்று எழும்பி, தோல் போர்த்திய ஒரு விசிறியாக நிற்கிறது. அதன் உயரம் 8 சென்டிமீட்டர் வரை போகும். வெறும் தோல் மடிப்பு என்று நினைத்துவிட வேண்டாம். வால் முள்ளெலும்புகளின் மேல்முனைகளே நீண்டு வளர்ந்து உள்ளே கம்பிகள்போல் அதைத் தாங்குகின்றன. இந்த விசிறி வால் முழுக்க இருப்பதில்லை, முன்பகுதியில் மட்டும்தான். பின்பாதி பக்கவாட்டில் தட்டையாகி, நீரைத் தள்ள வாகாக மெலிந்து போகிறது. பெண்ணுக்கும் குட்டிக்கும் இந்தப் பாய் சிறியது. நீந்த மட்டும்தான் இது என்றால் ஆணுக்கு இவ்வளவு பெரிதாக இருக்கத் தேவையில்லையே. எதிரி ஆணிடம் மிடுக்குக் காட்டவும், பெண்ணைக் கவரவும், உடம்புச் சூட்டைச் சரிப்படுத்தவும் பயன்படுவதாக ஆய்வாளர்கள் கருதுகிறார்கள்.

காலையும் கவனிக்க வேண்டும். பின்கால் விரல்களின் ஓரத்தில் செதில்கள் தட்டையாக விரிந்து சட்டம் கட்டியதுபோல் இருக்கும். இந்தத் தட்டை விரலை வைத்துக்கொண்டு எடை குறைந்த குட்டிகள் தண்ணீரின் மேல் கொஞ்ச தூரம் ஓடியே போய்விடும். நடு அமெரிக்காவின் பசிலிஸ்க்கும் இதையேதான் செய்கிறது. ஆனால் அது வேறு குடும்பம், நெருங்கிய உறவு ஒன்றும் கிடையாது. பெரியவற்றுக்கு வித்தை வேறு. ஆற்றின் மேல் நீண்டிருக்கும் கிளையில் படுத்திருக்கும். இரவில் தூங்குவதும் அங்கேதான். ஆள் அரவம் கேட்டால் தொப்பென்று தண்ணீரில் விழுந்து, அடியில் போய் மூச்சடக்கிக் கிடக்கும். இத்தனை முரட்டு உருவத்துக்குச் சாப்பாடு பெரும்பாலும் இலை, தளிர், பழம். பூச்சி கிடைத்தாலும் விடாது. முட்டையை ஆற்றங்கரை மண்ணைத் தோண்டிப் புதைக்கும்.

சரி, பெயருக்கு வருவோம். ஹைட்ரோசாரஸ் கிரேக்கச் சொற்களால் ஆனது. ஹைடோர் என்றால் நீர், சௌரோஸ் என்றால் ஊர்வன இனத்து நாலுகால் பிராணி. ஜெர்மானிய இயற்கையியலாளர் யோஹான் யாக்கோப் காவுப் 1828இல் இந்தப் பேரினப் பெயரை வைத்தார். ரிச்சர்ட் ஓவன் டைனோசர் என்ற சொல்லை உருவாக்கியது 1842இல்தான். ஆக டைனோசர் என்ற சொல் பிறப்பதற்கு முன்பே இந்த உயிருள்ள பிராணிக்குச் சாரஸ் பட்டம் கிடைத்துவிட்டது. காவுப்பின் பெயர் நிலைப்பதற்குள் வேறு இரண்டு பெயர்களும் போட்டிக்கு வந்தன. ஒன்று லோஃபுரா, அதாவது கொண்டை வால். அந்தப் பெயர் ஏற்கெனவே காட்டுக்கோழி வகைப் பறவை ஒன்றுக்குப் போயிருந்ததால் இதற்கு நிலைக்கவில்லை. இன்னொன்று பிரெஞ்சுக்காரர் கூவியே வைத்த இஸ்டியூரஸ். கிரேக்கத்தில் ஹிஸ்டியோன் என்றால் கப்பல் பாய், ஊரா என்றால் வால். என்னைக் கேட்டால் மூன்றில் பொருத்தமானது இதுதான். பெயரிடும் விதிகளில் அழகுக்கு மதிப்பெண் இல்லை, முந்திக்கொண்டதற்குத்தான்.

ஐரோப்பியர் இதை எழுத்தில் பதிந்தது காவுப்புக்கும் முன்னால். ஆம்ஸ்டர்டாமைச் சேர்ந்த ஷ்லோசர் 1768இல் லசெர்டா அம்பாய்னென்சிஸ் என்ற பெயரில் வர்ணித்தார். கிராம்பு வணிகத்துக்காக டச்சுக்காரர்கள் கையில் வைத்திருந்த அம்போன் தீவின் பெயர் அதில் ஒட்டிக்கொண்டது. பிலிப்பைன்ஸ் இனத்தை 1829இல் வர்ணித்தவர் எஷ்ஷோல்ட்ஸ். ரஷ்யக் கப்பலில் உலகைச் சுற்றிய மருத்துவர். கலிபோர்னியாவின் ஆரஞ்சு நிறப் பாப்பிப் பூவின் அறிவியல் பெயரில் இருப்பவரும் இவரே. அவர் இட்ட புஸ்டுலாட்டஸ் என்ற பெயருக்குக் கொப்புளம் கொண்டது என்று பொருள். உடம்பில் ஆங்காங்கே புடைத்திருக்கும் செதில்களைப் பார்த்து வைத்திருக்க வேண்டும். பாய் கண்ணில் படாமலா போயிருக்கும்? கொப்புளத்தைத்தான் பிடித்துக்கொண்டார். மலுக்குவின் ஹல்மஹேரா, தெர்னாத்தே தீவுகளின் பக்கத்து இனத்துக்கு, இந்தோனேசியக் கடல்களை சிபோகா கப்பலில் ஆராய்ந்த மாக்ஸ் வெபரின் பெயரை அமெரிக்க விலங்கியலாளர் பார்பர் 1911இல் சூட்டினார்.

சுலவேசியில் இருப்பவற்றை வெகுகாலம் அம்போன் இனத்தோடு சேர்த்தே எண்ணிக்கொண்டிருந்தார்கள். 2020இல் வந்த ஒரு மறு ஆய்வு, அவை தனி என்று காட்டி, ப்ளீக்கர் 1860இல் இட்ட மைக்ரோலோஃபஸ், பீட்டர்ஸ் 1872இல் இட்ட செலபென்சிஸ் என்ற இரண்டு பழைய பெயர்களையும் தூசி தட்டி எடுத்தது. இப்போது கணக்கு ஐந்து இனம்.

இவை வாழும் இடத்தில் ஒரு சுவாரசியம் உண்டு. ஆசிய விலங்குகளும் ஆஸ்திரேலியப் பக்கத்து விலங்குகளும் பிரியும் கோடு என்று இயற்கையியலாளர் வாலஸ் ஒன்றை வரைந்தார். ஹக்ஸ்லி 1868இல் அதைத் திருத்தி, பலவான் தீவு நீங்கலான பிலிப்பைன்ஸ் முழுவதையும் கிழக்குப் பக்கம் தள்ளினார். நம் பிராணி பிலிப்பைன்ஸின் மற்றத் தீவுகளில் பரவலாக இருக்கிறது, பலவானில் இல்லை. ஹக்ஸ்லியின் கோட்டை மதித்து நடப்பதுபோல்தான் தோன்றுகிறது.

உள்ளூர்க்காரர்கள் என்ன சொல்கிறார்கள்? கிழக்கு இந்தோனேசியாவில் சோவா-சோவா. அதோடு லாயர் என்ற சொல்லையும் சேர்த்துக்கொள்வார்கள். லாயர் என்றால் வக்கீல் இல்லை, மலாயிலும் இந்தோனேசிய மொழியிலும் கப்பல் பாய். பிலிப்பைன்ஸில் தகாலோக் மொழியின் லாயாக் என்பதும் அதே வேரிலிருந்து வந்த பாய்தான். பிலிப்பைன்ஸின் சில பகுதிகளில் இந்தப் பிராணிக்கு இபிட் என்று பெயர். கழுத்தில் குடை விரிக்கும் இன்னொரு பிராணியை இந்தோனேசியர் சோவா பாயுங் என்கிறார்கள், அதாவது குடைச் சோவா. சோவா என்று ஒரு கூட்டம், அதில் பாய் வைத்தது ஒன்று, குடை வைத்தது ஒன்று. ஒழுங்கான பெயரிடும் முறை. கப்பலுக்கு மலாய் மொழியில் கப்பால் என்று பெயர். அந்தச் சொல் தமிழிலிருந்து போனது என்பது பொதுவாக ஒப்புக்கொண்ட செய்தி. பாய்க்கு மட்டும் அவர்கள் சொந்தச் சொல்லையே வைத்துக்கொண்டார்கள். அந்தக் கடலோடிகளுக்கு நாம் பாய் சொல்லித்தர வேண்டியதில்லை.

இனித் தமிழ். பாய்மரப் பல்லி என்பதில் முதல் பிழை பாய்மரம். பாய்மரம் என்பது பாயைக் கட்டும் மரம், நட்டு நிற்கும் கம்பம். காற்று வாங்குவது பாய். புறநானூற்றின் 30ஆம் பாட்டில் புகார்த் துறைக்குள் நுழையும் பெருங்கலம், 'கூம்பொடு மீப்பாய் களையாது' வருகிறது. அங்கே கூம்பு மரம், பாய் பாய். இரண்டையும் எவ்வளவு தெளிவாகப் பிரித்திருக்கிறார்கள் பாருங்கள். பாய்மரப் படகு என்று சொல்லும்போது சிக்கல் இல்லை, படகில் மரமும் இருக்கிறது. ஓணானின் வாலில் மரம் எங்கே இருக்கிறது? படுக்கும் பாய்க்கும் கப்பல் பாய்க்கும் தமிழில் ஒரே சொல் என்பதைச் சிலர் குறையாகச் சொல்லக்கூடும். அந்தத் தீவுகளிலும் பழைய காலத்தில் ஓலையை முடைந்துதான் கப்பல் பாய் செய்தார்கள். பொருள் ஒன்றாக இருந்தால் சொல்லும் ஒன்றாக இருப்பதில் என்ன குறை?

இரண்டாம் பிழை துடுப்பு. மீன் நீந்துவதற்கு விரிக்கும் உறுப்பைத் தமிழ்நாட்டுப் பாடநூல்கள் துடுப்பு என்கின்றன, இலங்கைப் பாடநூல்களில் செட்டை என்று இருக்கும். இந்தப் பிராணிக்கு மீன் துடுப்பே கிடையாது. ஆங்கிலப் பெயரில் ஃபின் ஒட்டிக்கொண்டது பார்வைக்காக. அதையும் இழுத்து வந்து பாய்த்துடுப்புப் பல்லி என்று எழுதினால் படகில் இருக்கும் சாமான் எல்லாம் பெயரில் ஏறிவிடும். முதுகில் பாய் விரித்துக் கடலில் பாயும் செயில்ஃபிஷ்ஷை நம் மீனவர்கள் எப்படி அழைக்கிறார்கள் தெரியுமா? மயில் மீன். ஆங்கிலப் பெயரைக் காதில் வாங்காமல், கண்ணால் பார்த்து வைத்த பெயர். அந்த வழியில் போனால் இதைத் தோகை ஓணான் என்றுகூடச் சொல்லலாம். எனக்கு அது பிடித்தும் இருக்கிறது. ஆனால் தோகை என்றதும் நீண்டு பின்னால் தொங்குவதுதான் மனதில் வரும், நிமிர்ந்து நிற்பது வராது.

மூன்றாவது, பெரிய பிழை, பல்லி. லிசர்ட் என்று கண்டவுடன் பல்லி என்று எழுதும் பழக்கம் அகராதிகளால் வந்தது. ஆங்கிலத்தில் ஒரே சொல்லில் அடங்குபவற்றுக்குத் தமிழில் பல்லி, ஓணான், அரணை, உடும்பு, பச்சோந்தி என்று தனித்தனிப் பெயர்கள் இருக்கின்றன. அறிவியல் பிரிக்கும் குடும்பங்களோடு இவை பெரும்பாலும் ஒத்தும் போகின்றன. வீட்டுச் சுவரில் இருக்கும் பல்லிக்கு இமை கிடையாது, நாக்கால் கண்ணை நக்கிக்கொள்ளும், பிடித்தால் வாலை உதறிவிட்டு ஓடும். ஓணான் கண்ணை மூடித் திறக்கும், பல்லியைப் போல வாலை விட்டுக்கொடுக்காது. ஹைட்ரோசாரஸ் இருப்பது அகமிடே குடும்பத்தில், அதாவது நம் வேலி ஓணானின் குடும்பத்தில். மேற்குத் தொடர்ச்சி மலையில் மரம் விட்டு மரம் தாவும் டிராக்கோவும் அதே குடும்பம்தான். அதைப் பறக்கும் ஓணான் என்று எழுதும் வழக்கம் ஏற்கெனவே இருக்கிறது. பறப்பது ஓணானாக இருக்கும்போது நீந்துவது ஏன் பல்லியாக வேண்டும்?

ஓணானின் பழைய பெயர் ஓதி, ஓந்தி. பச்சோந்தியில் அது இன்னும் உயிரோடு இருக்கிறது. குறுந்தொகையின் 140ஆம் பாட்டில் அள்ளூர் நன்முல்லையார், பாலை வழியில் போகிறவர்கள் நிமித்தம் பார்க்கும் ஒரு முதிய ஆண் ஓந்தியைக் காட்டுகிறார்: 'வேதின வெரிநின் ஓதி முது போத்து'. வெரிந் என்றால் முதுகு. வேதினம் என்றால் பல் பல்லாக இருக்கும் கருக்கரிவாள். முதுகில் அரிவாள் பல் வரிசை கொண்ட கிழட்டு ஆண். பாடியது நம் வறண்ட நிலத்து ஓணானை. ஆனால் ஹைட்ரோசாரஸ் ஆணின் பிடரியையும் முதுகையும் பக்கவாட்டில் காட்டும் படம் ஏதாவது கிடைத்தால், இந்த வரியை அடியில் எழுதிவிடலாம். வேதின வெரிந் அப்படியே பொருந்துகிறது. போத்து என்ற ஆண்பாற் சொல்லும் நமக்கு வேண்டியதுதான், பாய் பெரிதாக இருப்பது போத்துக்கு அல்லவா?

டிராகன் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. ஆங்கிலத்தில் இந்தக் குடும்பத்தையே செல்லமாக டிராகன் என்பார்கள். கொமோடோ டிராகன் உடும்பு, இது ஓணான். டிராகன் என்று தமிழில் எழுதினால் இரண்டும் உறவு என்று படிப்பவர் நினைத்துவிடுவார்.

ஆகவே என் பரிந்துரை பாய்வால் ஓணான். கூவியே வைத்துத் தோற்ற பெயர் தமிழில் தானாக வந்து நிற்கிறது. பாய்வால் என்பதைப் பாய்கின்ற வால் என்று வினைத்தொகையாகவும் படிக்க இடம் இருக்கிறது என்று இலக்கணம் தெரிந்தவர்கள் சொல்லலாம். தண்ணீரில் அந்த வால் வேலை செய்யும் விதத்தைப் பார்த்தால் அதுவும் பொய்யில்லை. இனங்களைப் பிரித்துச் சொல்ல ஊர்ப் பெயரை முன்னால் வைத்தால் போதும்: பிலிப்பைன்ஸ் பாய்வால் ஓணான், அம்போன் பாய்வால் ஓணான். வெபர் பாய்வால் ஓணானுக்கு ஆள் பெயரே இருக்கட்டும். சுலவேசியில் இரண்டு இனம் இருப்பதால் மைக்ரோலோஃபஸைச் சிறுகொண்டைப் பாய்வால் ஓணான் எனலாம், அந்த லத்தீன் வடிவத்தின் பொருளும் அதுதான்.

இந்தப் பிராணியின் பெயர் தமிழில் அடிக்கடி வருவது செல்லப்பிராணிச் செய்திகளில். குட்டியாக விற்பார்கள், பார்க்க அழகு. ஒரு மீட்டர் வளரும், ஆழமான தண்ணீர் கேட்கும், மிரண்டால் எதிரே இருப்பது கண்ணாடி என்று தெரியாமல் மோதி மூக்கைப் புண்ணாக்கிக்கொள்ளும். வேலியில் போன ஓணானை எடுத்து வேட்டிக்குள் விட்ட கதை என்பதற்கு இதைவிடப் பெரிய ஓணான் கிடைக்காது. காட்டிலிருந்து பிடித்து விற்பதும், கரையோரக் காடுகள் போய்க்கொண்டிருப்பதும் இவற்றுக்கு நெருக்கடி என்று பிலிப்பைன்ஸ், இந்தோனேசிய இனங்களின் மரபணுக்களை ஒப்பிட்டு 2014இல் வெளிவந்த ஆய்வும் எச்சரித்தது.

மொழிபெயர்ப்பவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. இந்தியா, இலங்கை ஊர்வனவற்றைப் பற்றிய 19ஆம் நூற்றாண்டு ஆங்கில நூல்களில் ஹைட்ரோசாரஸ் சால்வேட்டர் என்று ஒரு பெயர் வரும். அதைப் பாய்வால் ஓணான் என்று மாற்றிவிட வேண்டாம். அப்போது நீர் உடும்பையும் ஹைட்ரோசாரஸ் என்ற பேரினத்தில் சிலர் வைத்திருந்தார்கள், விலங்கியலாளர் குந்தர் 1864இல் அப்படித்தான் எழுதினார். இப்போது அது வரானஸ் சால்வேட்டர், இலங்கையில் கபரகொயா என்று எல்லோருக்கும் தெரிந்த பிராணி. அந்த இடத்தில் நீர் உடும்பு என்றே எழுத வேண்டும்.