வீட்டுக் கடன்: தவணைத் தொகை சொல்லாத கணக்கு

"மாசம் எவ்வளவு சார் வரும்?" வீட்டுக் கடன் விசாரிக்க வருகிறவர்கள் பெரும்பாலும் இதைத்தான் முதலில் கேட்கிறார்கள். 26,000 ரூபாய் என்று பதில் வந்தால், வீட்டுச் செலவு, பிள்ளைகளின் பள்ளிக் கட்டணம் போகச் சமாளிக்க முடியுமா என்று மனக்கணக்குப் போடுகிறார்கள். முடியும் என்று தோன்றினால் கையெழுத்துதான். வட்டியாக மட்டும் மொத்தம் எவ்வளவு போகும், அது எந்தெந்த வருஷத்தில் போகும் என்று கேட்பவர்கள் அபூர்வம்.

ஒரு கணக்கைப் போட்டுவிடுவோம். 30 லட்சம் கடன், 8.5 சதவீத வட்டி, 20 ஆண்டு. உங்கள் வட்டி விகிதம் இதைவிடக் கூடவோ குறையவோ இருக்கலாம். கணக்கின் போக்கு மாறாது. மாதத் தவணை 26,035 ரூபாய். 240 மாதமும் தவறாமல் கட்டினால் மொத்தம் 62.48 லட்சம். வாங்கிய 30 லட்சம் போக வட்டி 32.48 லட்சம்.

முதல் மாத வட்டி மட்டும் 21,250 ரூபாய். கட்டிய தவணையில் அசலுக்குப் போனது 4,785. முதல் வருஷம் முழுக்கக் கட்டிய 3.12 லட்சத்தில் அசல் குறைந்தது ஏறக்குறைய 59,700 ரூபாய்தான். ஐந்து வருஷத்தில் 15.62 லட்சம் கட்டியிருப்பீர்கள், பாக்கி 26.44 லட்சம் நிற்கும். தவணையில் அசலின் பங்கு வட்டியின் பங்கை முந்துவதற்கு 143-வது மாதம் ஆகும். கடன் சரிபாதியாகக் குறைய 13 வருஷம் 10 மாதம்.

இதை வங்கியின் தந்திரம் என்று சிலர் பேசுகிறார்கள். அப்படி ஒன்றுமில்லை. நிற்கிற பாக்கிக்குத்தான் வட்டி. ஆரம்பத்தில் பாக்கி பெரிது, ஆகவே வட்டியும் பெரிது. ஆனால் மாற்றலாகியோ வேறு நெருக்கடியாலோ ஆறாம் வருஷத்தில் வீட்டை விற்க வேண்டி வருகிறவருக்கு இந்தக் கணக்கு பெரிய அதிர்ச்சியாக இருக்கும். வாடகைக்குக் கொடுத்த பணம் வீண், தவணை கட்டினால் சொத்து சேரும் என்று சொல்லிக் கடன் வாங்குகிறவர்கள், முதல் சில வருஷத் தவணையில் சொத்தாகச் சேர்வது ஐந்தில் ஒரு பங்குதான் என்பதையும் பார்த்துக்கொள்ள வேண்டும்.

தவணை கனமாக இருக்கிறது என்றால் உடனே கிடைக்கும் யோசனை, "காலத்தை நீட்டிக்கலாமே." அதே கடனை 30 ஆண்டுக்கு நீட்டினால் தவணை 23,067. மாதம் 2,968 ரூபாய் குறைகிறது. வட்டியோ 53.04 லட்சமாகிறது, அதாவது 20.56 லட்சம் கூடுதல். மாறாக 15 ஆண்டுக்குச் சுருக்கினால் தவணை 29,542, வட்டி 23.18 லட்சம். மாதம் 3,507 ரூபாய் கூடக் கட்ட முடிந்தவருக்கு 9.3 லட்சம் மிச்சம். நிலையான சம்பளக்காரர் 15 ஆண்டுக்கு முயல்வது நல்லது. பண்ருட்டி முந்திரி வியாபாரி போலச் சீசனுக்குச் சீசன் வருமானம் ஏறி இறங்குகிறவர் 20 ஆண்டே எடுத்துக்கொண்டு, கையில் காசு புரளும் மாதத்தில் அசலில் கட்டுவது பாதுகாப்பு. 30 ஆண்டுக் கடனை யாருக்கும் சுலபத்தில் சிபாரிசு செய்ய முடியாது.

வட்டி ஏறும்போது தவணை ஏன் ஏறுவதில்லை

2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் புதிதாகத் தரும் மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் ரெப்போ (ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டி விகிதம்) போன்ற வெளி அளவுகோலோடு இணைக்கப்பட்டவை. மூன்று மாதத்துக்கு ஒருமுறையாவது வட்டியை மாற்றியமைக்க வேண்டும். ரெப்போவுக்கு மேல் வங்கி வைக்கும் கூடுதல் சதவீதத்தை ஸ்பிரெட் என்பார்கள். விளம்பரத்தில் பெரிய எழுத்தில் இருப்பது மொத்த வட்டி. ஒப்பந்தத்தில் நீங்கள் பார்க்க வேண்டியது ஸ்பிரெட். ரெப்போ எல்லோருக்கும் ஒன்றுதான், ஸ்பிரெட்தான் ஆளுக்கு ஆள் மாறும்.

ரிசர்வ் வங்கி 2022 மே மாதம் தொடங்கி 2023 பிப்ரவரிக்குள் ரெப்போவை 4 சதவீதத்திலிருந்து 6.5 ஆக ஏற்றியது. அப்போது பலர் தங்கள் தவணை மாறவில்லை என்று நிம்மதியாக இருந்தார்கள். வங்கி தவணையை அப்படியே விட்டுவிட்டு மாதங்களின் எண்ணிக்கையைக் கூட்டியிருந்தது. கணக்கைப் பாருங்கள்: 6.7 சதவீதத்தில் 30 லட்சம், 20 ஆண்டு என்றால் தவணை 22,722. இரண்டரை சதவீதம் ஏறி 9.2 ஆனபோது பாக்கி 29 லட்சம் இருந்தால், ஒரு மாத வட்டியே 22,233. அசலுக்குப் போவது 489 ரூபாய். அந்த வேகத்தில் கடன் தீர இன்னும் 40 ஆண்டுக்கு மேல் ஆகும். பாக்கி 30 லட்சத்தை ஒட்டி நின்றிருந்தால் வட்டி 23,000. தவணை வட்டிக்கே போதாது, கட்டக் கட்டக் கடன் வளரும்.

இதனால்தான் 2023 ஆகஸ்ட் 18 அன்று ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை விட்டது. வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலந்து செய்வதா என்று கடன்தாரரைக் கேட்க வேண்டும். முழுதாகவோ பகுதியாகவோ முன்கூட்டிக் கட்டும் வாய்ப்பும் தர வேண்டும். அதுவரை வசூலான அசல், வட்டி, மீதித் தவணைகளின் எண்ணிக்கை ஆகியவற்றைக் காட்டும் அறிக்கையை மூன்று மாதத்துக்கு ஒருமுறை தர வேண்டும். அந்த அறிக்கையில் முதலில் பார்க்க வேண்டியது மீதித் தவணை எண்ணிக்கை. போன காலாண்டில் 214 என்றிருந்தது இப்போது 211 ஆகாமல் 230 ஆகியிருந்தால், எழுதிக் கொடுத்துத் தவணையை உயர்த்தச் சொல்லுங்கள்.

2025-ல் ரெப்போ இறங்கியது. பிப்ரவரியிலிருந்து ஜூனுக்குள் 6.5 சதவீதம் 5.5 ஆனது. இறங்கும்போது தவணையைக் குறைக்கச் சொல்லாமல் பழைய தவணையையே கட்டி வருவது லாபம். ஒரு எச்சரிக்கை: வீட்டுவசதி நிதி நிறுவனங்களுக்கு இந்த வெளி அளவுகோல் விதி கிடையாது, அவை தங்கள் சொந்த அடிப்படை விகிதத்தை வைத்துக்கொள்ளலாம். ரெப்போ இறங்கியும் உங்கள் வட்டி அசையவில்லை என்றால், விகித மாற்றத்துக்கு ஒரு கட்டணம் கட்டிக் குறைத்துக்கொள்ளும் வழி அநேகமாக இருக்கும். கேட்டால்தான் செய்வார்கள். கால் சதவீத வித்தியாசம்கூடச் சின்னதில்லை: 8.5-க்குப் பதில் 8.75 என்றால் 20 ஆண்டில் 1.14 லட்சம் கூடுதல்.

வேறு வங்கிக்குக் கடனை மாற்றுவதும் வழிதான். ஆனால் அங்கே பரிசீலனைக் கட்டணம், வக்கீல் கருத்துரை, மதிப்பீட்டாளர் கட்டணம், பத்திர ஒப்படைப்புப் பதிவு என்று மறுபடி முதலிலிருந்து செலவு. முதல் ஐந்தாறு வருஷத்தில், அரை சதவீதமாவது குறைந்தால் மாற்றலாம். வட்டியின் பெரும்பகுதியைக் கட்டி முடித்த பிறகு மாற்றி என்ன பயன்? மாற்றும்போது மீதி 14 வருஷம் என்றால் 14 வருஷத்துக்கே போடச் சொல்லுங்கள். புதிதாக 20 வருஷம் போட்டுவிட்டு "தவணை குறைந்தது பார்த்தீர்களா" என்பார்கள்.

அசலில் கட்டும் பணம்

வருஷக் கடைசியில் ஒரே ஒரு தவணை கூடுதலாக, 26,035 ரூபாய், அசலில் கட்டி வந்தால் நம் உதாரணக் கடன் ஏறக்குறைய 16 வருஷம் 9 மாதத்தில் முடிகிறது. வட்டியில் 6 லட்சத்துக்கு மேல் மிச்சம். தீபாவளி போனஸ் வாங்குகிறவர்களுக்கு இது எட்டாத தொகை இல்லை.

எப்போது கட்டுகிறோம் என்பதில்தான் விஷயம் இருக்கிறது. முதல் வருஷ முடிவில் 1 லட்சம் அசலில் கட்டினால் 18 தவணை குறைந்து, வட்டியில் சுமார் 3.7 லட்சம் மிச்சம். அதே 1 லட்சத்தைப் பதினைந்தாம் வருஷ முடிவில் கட்டினால் மிச்சம் 50,000 ரூபாய் அளவுதான். "கொஞ்ச நாள் போகட்டும், மொத்தமா கட்டிக்கலாம்" என்று சீட்டுப் பணத்தைச் சேமிப்புக் கணக்கில் போட்டு வைப்பவர்கள் இந்த இரண்டு எண்களையும் பக்கத்தில் வைத்துப் பார்க்கட்டும். ஆறு மாதக் குடும்பச் செலவுக்கான கையிருப்பை மட்டும் தொட வேண்டாம்.

மாறும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக் கடனை முன்கூட்டிக் கட்டுவதற்குக் கட்டணம் வசூலிக்கக் கூடாது. நிலையான வட்டிக் கடனுக்கு இருக்கலாம், ஒப்பந்தத்தைப் பாருங்கள். கட்டுகிற முறையில்தான் பெரும்பாலும் தவறு நேர்கிறது. கடன் கணக்கு எண்ணுக்குப் பணத்தை அனுப்பிவிட்டுச் சும்மா இருந்தால், சில இடங்களில் அது அடுத்த மாதத் தவணைகளுக்கான முன்பணமாக நின்றுவிடும். "இத்தொகையை அசலில் வரவு வைக்கவும், தவணை மாறாமல் காலத்தைக் குறைக்கவும்" என்று எழுதிக் கொடுத்து, முத்திரையோடு நகல் வாங்குங்கள். மறுவாரமே புதிய தவணை அட்டவணை கேட்டு, கடைசித் தவணை எந்த மாதம் என்று பாருங்கள். அது முன்னுக்கு வராமல் தவணைத் தொகை குறைந்திருந்தால், நீங்கள் கேட்டது நடக்கவில்லை.

தவணைக்கு வெளியே நிற்கும் செலவு

2024 அக்டோபர் 1 முதல் சில்லறைக் கடன் ஒவ்வொன்றுக்கும் முக்கிய விவர அறிக்கை தர வேண்டும். காப்பீடு, வக்கீல் கட்டணம் போன்ற மற்றவர்களுக்குப் போகும் தொகையும் சேர்ந்த ஆண்டு விகிதம் அதில் இருக்கும். இரண்டு வங்கிகளை ஒப்பிட இந்த எண்ணே சரியான அளவு. அதில் சொல்லாத கட்டணத்தை உங்கள் சம்மதமின்றி இடையில் வசூலிக்கக் கூடாது.

30 லட்சம் வரையான கடனுக்கு வீட்டு மதிப்பில் 90 சதவீதம் வரையும், அதற்கு மேல் 75 லட்சம் வரை 80 சதவீதம் வரையும் வங்கி தரலாம். முத்திரைத் தீர்வையும் பதிவுக் கட்டணமும் இந்த மதிப்பில் பொதுவாகச் சேராது. தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7, பதிவுக் கட்டணம் 2, ஆக 9 சதவீதம். 40 லட்சம் வீடு என்றால் 3.6 லட்சம், ரொக்கமாகக் கையிலிருந்து. இதற்காக நகையை வைப்பதும் தனிநபர் கடன் எடுப்பதும் வழக்கமாகிவிட்டது. அந்த வட்டியும் வீட்டின் விலைதான். எல்லையில் இருக்கும் முள்ளோடையைத் தாண்டினால் புதுச்சேரி ஆகிவிடும் ஊர் நமது கடலூர். அந்தப் பக்கம் தீர்வை விகிதம் வேறு, மனை அங்கீகாரம் தரும் துறையும் வேறு. மனை எந்தச் சார்பதிவாளர் எல்லையில் வருகிறது என்று பார்த்துவிட்டு அட்வான்ஸ் கொடுங்கள். அங்கீகாரமில்லாத மனைக்கு வங்கிகள் கைவிரிக்கும். பிறகு தனியார் நிதி நிறுவனத்தின் வட்டிதான்.

சொந்த மனையில் கட்டுகிறவர்களுக்கு அஸ்திவாரம், லிண்டல், தளம் கான்கிரீட், பூச்சு என்று கட்டம் கட்டமாகப் பணம் வரும். வேலை முடியும்வரை வாங்கிய தொகைக்கு வட்டி மட்டும் கட்டச் சொல்வார்கள். அசல் ஒரு ரூபாய்கூடக் குறையாது. சராசரியாக 15 லட்சம் வெளியே நிற்க, கொத்தனார் கிடைக்காமல் வேலை 18 மாதம் இழுத்தால் 1.91 லட்சம் அப்படியே வட்டிக்குப் போகும். முழுத் தவணையை முதலிலிருந்தே தொடங்க முடியுமா என்று கேளுங்கள்.

காப்பீட்டில் இரண்டு வகை, இரண்டையும் குழப்பிக்கொள்கிறார்கள். ஒன்று, கடன்தாரர் இறந்தால் கடனை அடைக்கும் ஆயுள் காப்பீடு. இதன் பிரீமியம் 80,000 என்று வைத்தால், அதைக் கடனோடு சேர்த்துவிடும்போது 20 ஆண்டில் 1.67 லட்சமாகிறது. வங்கி காட்டும் பாலிசியைத்தான் எடுக்க வேண்டும் என்று கட்டாயமில்லை. வருஷா வருஷம் கட்டும் டேர்ம் பாலிசி எடுத்தால் கடன் முடிந்த பிறகும் குடும்பத்துக்குப் பயன்படும். மற்றது கட்டடத்துக்கான காப்பீடு. 2011 டிசம்பரில் தானே, 2024 நவம்பர் கடைசியில் ஃபெஞ்சல் என்று அடி வாங்கிய கரை இது. தென்பெண்ணையும் கெடிலமும் பெருகினால் என்ன ஆகும் என்று கடலூர்க்காரர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. 2021 ஏப்ரல் முதல் பொதுக் காப்பீட்டு நிறுவனங்கள் எல்லாம் தரும் 'பாரத் கிருஹ ரக்ஷா' பாலிசியில் புயலும் வெள்ளமும் அடங்கும். காப்பீட்டுத் தொகையைக் கடன் பாக்கிக்கு வைக்காமல், கட்டடத்தைத் திரும்பக் கட்ட ஆகும் செலவுக்கு வையுங்கள்.

வரிச் சலுகைக்காகவே கடனை வைத்திருக்கிறேன் என்பவர்களுக்கு ஒரு வார்த்தை. குடியிருக்கும் வீட்டு வட்டிக்குப் பழைய வரி முறையில் ஆண்டுக்கு 2 லட்சம்வரை கழிவு உண்டு. புதிய முறையில் கிடையாது. பழைய முறையில் 20 சதவீத வரம்பில் இருப்பவருக்கு 2 லட்சம் வட்டிக்குக் கிடைப்பது செஸ் சேர்த்து 41,600 ரூபாய். மீதி 1,58,400 அவர் கைக்காசு.

கடன் முடிந்ததும் வேலை முடிந்துவிடாது. முழுத் தொகையும் கட்டிய 30 நாளுக்குள் மூலப் பத்திரங்களை வங்கி திருப்பித் தர வேண்டும். வங்கியின் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு என்பது 2023 டிசம்பர் முதல் நடைமுறை. பத்திரங்களை, கடன் வாங்கும்போது கொடுத்த பட்டியலோடு ஒப்பிட்டு வாங்குங்கள். தாய்ப் பத்திரம்தான் அடிக்கடி விடுபடும். பத்திரத்தை வங்கியிடம் ஒப்படைத்ததாகப் பதிவான எம்ஓடி என்ற ஆவணத்துக்கு, கடன் தீர்ந்ததைச் சொல்லும் ரசீது ஆவணம் பதிவு செய்தால்தான் வில்லங்கச் சான்றில் கடன் தீர்ந்தது என்று வரும். பலர் இதை விட்டுவிட்டு, பத்து வருஷம் கழித்து மகள் கல்யாணத்துக்கு விற்கப் போகும்போது, இதற்குள் வேறு வங்கியோடு இணைந்துபோன பழைய வங்கியின் கிளையைத் தேடி அலைகிறார்கள். நிலுவையில்லாச் சான்று வாங்கும் அன்றே ரசீது பதிவுக்கும் நாள் கேட்டுவிடுங்கள். பதிவான ஒரு மாதத்தில் வில்லங்கம் போட்டுப் பார்த்துவிட்டு, உங்கள் கடன் வரலாற்றைக் காட்டும் சிபில் அறிக்கையிலும் கணக்கு முடிக்கப்பட்டதாக ஏறியிருக்கிறதா என்று சரிபாருங்கள்.