வாழைப்பழப் புட்டிங்கை வேலூர் வெயிலில் 'ஆறட்டும்' என்று வைக்காதீர்கள்

"ஒரு வாசனைகூட வரலியே மேடம். நல்லாத்தானே இருந்துச்சு."

குழந்தைகள் வார்டில் என் எதிரே உட்கார்ந்திருந்த அம்மா இதையே மூன்று நான்கு முறை சொல்லிவிட்டார். மடியில் ஏழு வயதுப் பையன் துவண்டு கிடந்தான், கையில் டிரிப்ஸ். முந்தின நாள் அவனுக்குப் பிறந்தநாள். யூடியூப் பார்த்து அடுக்கடுக்காக வாழைப்பழப் புட்டிங் செய்திருக்கிறார். சாயங்காலம் ஏழு மணிக்குச் சாப்பிட்ட பிள்ளைகளில் நான்கு பேருக்கு ராத்திரி பத்து மணிக்கெல்லாம் வாந்தி. மற்ற மூவருக்கும் தானாக நின்றுவிட்டது. இவனுக்கு நிற்கவில்லை.

நான் உணவியல் நிபுணர். வேலூரில் பதினான்கு வருடமாக இதுதான் வேலை. மருந்து கொடுப்பது டாக்டர். என்ன சாப்பிட்டான், எப்போது செய்தது, எங்கே வைத்திருந்தது என்று துருவிக் கேட்பது நான். அன்று அவர் சொன்ன நேரங்களை நோட்டில் அப்படியே எழுதிக்கொண்டேன். பகல் பன்னிரண்டுக்குக் கஸ்டர்ட் காய்ச்சி இறக்கியிருக்கிறார். மூன்று மணி வரை அதே பாத்திரத்தில், சமையல் மேடை மேல், ஆறுவதற்காக. மூன்றரைக்குக் கண்ணாடிக் கிண்ணத்தில் பிஸ்கட், பழம், கஸ்டர்ட் என்று அடுக்கியிருக்கிறார். ஃப்ரிட்ஜில் கேக்கும் கூல் டிரிங்க்ஸும் நிறைந்திருந்ததால், ஏழு மணி வரை அது சாப்பாட்டு மேஜை மேலேயே தட்டு போட்டு மூடி இருந்திருக்கிறது. மாதம் மே.

மொத்தம் ஏழு மணி நேரம். அந்த அம்மா சுத்தத்தில் குறை வைத்தவர் இல்லை. நல்ல பால், நல்ல பழம், கழுவிய பாத்திரம். குறிப்பில் 'ஆறவிடவும்' என்று இருந்ததை அப்படியே செய்தார். அங்கேதான் கோளாறு.

இந்தப் பலகாரம் அமெரிக்காவின் தென்மாநிலங்களில் வீட்டுக்கு வீடு செய்வது. அவர்கள் வெனிலா பிஸ்கட் போடுவார்கள், நாம் மாரி பிஸ்கட் போடுகிறோம். மாறியது அது மட்டும்தான். அங்கே எழுதும் குறிப்பில் 'அறை வெப்பநிலைக்கு வரட்டும்' என்றால் 20, 22 டிகிரி. நம் சமையலறையில், கத்திரி வெயிலில், சமையல் முடிந்த பகல் ஒரு மணிக்கு என்ன இருக்கும்? வெளியே 40 டிகிரியைத் தாண்டும் ஊர் இது. உள்ளே 35, 36க்குக் குறையாது. கஸ்டர்டை எத்தனை மணி நேரம் வைத்தாலும் அதற்குக் கீழே அது போகப் போவதில்லை. ஆறவே ஆறாது. வெதுவெதுவென்று நின்றுகொண்டே இருக்கும்.

அந்த வெதுவெதுப்பில் என்ன நடக்கும் என்று நமக்கு யாரும் சொல்லித்தர வேண்டாம். பால் காய்ச்சி, கை பொறுக்கும் சூட்டுக்கு வந்ததும் அரைக் கரண்டி மோர் விட்டு மூடி வைக்கிறோம். மார்கழியில் விடியவிடிய ஆகிற உறை, இந்த ஊர்க் கோடையில் நாலைந்து மணி நேரத்தில் ஆகிவிடுகிறது. கொஞ்சம் அசந்தால் புளித்தே போகிறது. மேடை மேல் வைத்த கஸ்டர்டிலும் அதே பால், அதே சூடு, அதே நேரம். தயிருக்கு உறை விடுவது நாம். கஸ்டர்டுக்கு உறை விட்டது எது என்று நமக்குத் தெரியாது.

பெரும்பாலும் இரண்டு கிருமிகள். ஒன்று ஸ்டஃபைலோகாக்கஸ் ஆரியஸ். நல்ல ஆரோக்கியமாக இருப்பவர்களிலேயே ஏறக்குறைய மூன்றில் ஒருவர் மூக்கில் இது இருக்கும். அங்கிருந்து கைக்கு வரும். விரலில் வெட்டுக்காயமோ நகச்சுற்றோ இருந்தால் இன்னும் அதிகம். பழம் உரித்து, பிஸ்கட்டை ஒவ்வொன்றாகக் கையால் அடுக்கும்போது உள்ளே போகிறது. சூட்டில் பெருகி ஒரு நச்சை விடுகிறது. அந்த நச்சு வயிற்றுக்குள் போன அரை மணியிலிருந்து எட்டு மணி நேரத்துக்குள் வாந்தி. இன்னொன்று பேசிலஸ் சீரியஸ். அரிசி, மாவு வகைகளில் இருக்கும். பாலைக் கொதிக்கவைத்தாலும் இதன் வித்துகள் சாகாது. வெதுவெதுப்பு கிடைத்ததும் விழித்துக்கொள்ளும். அந்தப் பையனுக்கு வந்தது எதுவென்று யாரும் சோதித்துப் பார்க்கவில்லை. ஆனால் ஏழு மணிக்குச் சாப்பிட்டுப் பத்து மணிக்கு வாந்தி என்கிற இந்தக் கணக்கை நான் பலமுறை எழுதியிருக்கிறேன்.

அந்த அம்மா சொன்னது பொய்யில்லை. வாசனை வந்திருக்காது. புளிப்பதும் திரிவதும் வேறு நுண்ணுயிர்களின் வேலை. இந்த இரண்டும் நிறத்தையும் ருசியையும் தொடாமலே நச்சை விட்டுவிடும். திரும்பச் சூடுபண்ணினால் சரியாகிவிடும் என்றும் எண்ண வேண்டாம். ஸ்டஃபைலோகாக்கஸ் விடும் நச்சு கொதிக்கவைத்தாலும் போகாது. பேசிலஸ் சீரியஸ் விடும் வாந்தி நச்சும் அப்படித்தான். அதனால் மோந்து பார்ப்பதை நம்பாமல் கடிகாரத்தைப் பாருங்கள். 5 டிகிரிக்கும் 60 டிகிரிக்கும் இடையில் இப்படிப்பட்ட உணவு இரண்டு மணி நேரத்துக்கு மேல் இருக்கக் கூடாது. வெளிச்சூடு 32 டிகிரியைத் தாண்டினால் ஒரு மணி நேரம்தான். நம் பக்கம் பங்குனி பிறந்தாலே ஒரு மணி நேரக் கணக்குதான் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

இதில் 'அடுக்கு' என்பதும் ஒரு சிக்கல். சூடான கஸ்டர்டை ஆழமான கிண்ணத்தில் பிஸ்கட்டோடு அடுக்கினால், பிஸ்கட் போர்வை மாதிரி சூட்டைப் பிடித்துவைக்கும். கெட்டியான கஸ்டர்டுக்கு ரசம் மாதிரி உள்ளுக்குள் ஓட்டம் கிடையாது, அதனால் சீக்கிரம் ஆறாது. ஃப்ரிட்ஜில் இரண்டு மணி நேரம் வைத்து எடுத்தாலும் மேலே தொட்டால் சில்லென்றிருக்கும், நடுவில் கரண்டியை விட்டால் இளஞ்சூடு தெரியும். என் வீட்டிலேயே ஒருமுறை பார்த்திருக்கிறேன். அன்றிலிருந்து பெரிய கிண்ணத்தை விட்டுவிட்டேன்.

சரி, நான் எப்படிச் செய்கிறேன் என்று சொல்கிறேன். ஆறு பேருக்கு அரை லிட்டர் பால். அதில் கால் டம்ளர் பச்சைப் பாலை எடுத்து மூன்று மேசைக்கரண்டி கஸ்டர்ட் பவுடரைக் கட்டியில்லாமல் கரைத்துக்கொள்கிறேன். மீதிப் பாலில் நான்கு மேசைக்கரண்டி சர்க்கரை போட்டுக் காய்ச்சி, கொதி வந்ததும் கரைசலை ஊற்றிக் கிளறுகிறேன். கெட்டியானதும் இறக்கிவிடக் கூடாது. குமிழ் வெடித்துக் கொதக்கொதக்கென்று இரண்டு நிமிடம் கொதிக்க வேண்டும். கஸ்டர்ட் பவுடரில் முட்டை கிடையாது, அது சோளமாவும் நிறமும் வாசனையும்தான். 1837இல் இங்கிலாந்தின் பர்மிங்காமில் ஆல்பிரட் பேர்ட் என்பவர், மனைவிக்கு முட்டை ஒத்துக்கொள்ளாததால் கண்டுபிடித்தது. சிலர் ருசிக்காக இதிலும் மஞ்சள்கரு சேர்ப்பார்கள். சேர்த்தால் கொதிக்கவிடுவது இன்னும் முக்கியம். முட்டையில் சால்மொனெல்லா கிருமி இருந்தால் அது சாக வேண்டும். அதோடு, மஞ்சள்கருவில் மாவுச்சத்தைக் கரைக்கும் என்சைம் ஒன்று இருக்கிறது. அது அடங்காவிட்டால் இரவு கெட்டியாக இருந்த கஸ்டர்ட் காலையில் தண்ணீராகிவிடும்.

இறக்கியதும் அதே பாத்திரத்தில் விடுவதில்லை. அகலமான எவர்சில்வர் தாம்பாளத்தில் ஒரு விரல் கனத்துக்கு ஊற்றுகிறேன். பாத்திரம் கழுவும் தொட்டியில் தண்ணீர் நிரப்பி அதில் தாம்பாளத்தை உட்கார வைக்கிறேன். இங்கே ஒரு விஷயம். கோடையில் நம் மாடித் தொட்டித் தண்ணீர் குழாயில் கொதிக்கக் கொதிக்க வரும், அதில் எதுவும் ஆறாது. முந்தின நாளே நாலு பாட்டிலில் தண்ணீர் பிடித்து ஃப்ரீஸரில் வைத்துவிடுங்கள். உறைந்த பாட்டில்களைத் தொட்டியில் போட்டு, கஸ்டர்டைக் கரண்டியால் கிளறிக்கொண்டே இருந்தால் இருபது நிமிடத்தில் சில்லென்று ஆகிவிடும். உடனே மூடி ஃப்ரிட்ஜுக்குள். 'சூடா வெச்சா ஃப்ரிட்ஜ் கெட்டுடும்' என்று பெரியவர்கள் சொல்வார்கள். கொதிக்கும் அண்டாவை வைத்தால் பக்கத்தில் உள்ள பொருளெல்லாம் சூடாகும், உண்மைதான். இளஞ்சூட்டில் இருக்கும் மெல்லிய தாம்பாளத்தால் ஒன்றும் ஆகாது. மேடை மேல் மூன்று மணி நேரம் இருப்பதைவிட அது ஆயிரம் மடங்கு நல்லது.

பழம் உங்கள் விருப்பம். நான் ஏலக்கி வாங்குவேன், ஆறு ஏழு பழம் போதும். வில்லை உடையாமல் நிற்கும். மோரிஸ் கூழாகிவிடும். பூவனில் லேசான புளிப்பு உண்டு, சிலருக்கு அது பிடிக்கும். ரஸ்தாளி மணமாக இருந்தாலும் சில பழத்தில் நடுவே கல்லு மாதிரி கட்டி இருக்கும், அது இந்தப் பலகாரத்தில் நாக்கில் இடறும். பழத்தைக் கடைசியில் நறுக்குங்கள். காற்றுப் பட்டால் பழத்தில் உள்ள என்சைம் அதைக் கறுக்க வைக்கும். நாலு சொட்டு எலுமிச்சைச்சாறு போட்டுப் பிரட்டி, எல்லா வில்லையும் கஸ்டர்டுக்குள் மறைகிற மாதிரி வைத்தால் கறுக்காது. கறுத்தாலும் அது கெட்டுப்போனதற்கு அடையாளம் இல்லை, பயப்பட வேண்டாம்.

கார்பைடு கல் வைத்துப் பழுக்கவைப்பது சட்டப்படி தடை செய்யப்பட்டது. எத்திலீன் வாயுவில், அதுவும் 100 பிபிஎம் (பத்து லட்சம் பங்கு காற்றில் நூறு பங்கு) வரை, பழுக்கவைக்க அனுமதி உண்டு. காம்பு பச்சையாக இருந்தால் கார்பைடு என்று வாட்ஸ்அப்பில் சுற்றுகிறது. குளிர் அறையில் முறையாக எத்திலீனில் பழுத்த பழத்துக்கும் காம்பு பச்சையாக இருக்கும், அதனால் அதை வைத்து முடிவு கட்டாதீர்கள். எந்தப் பழமானாலும் உரிப்பதற்கு முன் கழுவுங்கள்.

மேலே கிரீம் வேண்டுமென்றால், கடையில் கிடைக்கும் 25 சதவீதக் கொழுப்புள்ள ஃப்ரெஷ் கிரீம் எவ்வளவு அடித்தாலும் நுரைத்து நிற்காது. நான் கட்டித்தயிரைத் துணியில் கட்டி ஃப்ரிட்ஜிலேயே தொங்கவிட்டு, கொஞ்சம் சர்க்கரை சேர்த்துத் தடவுகிறேன். லேசான புளிப்பு அந்த இனிப்புக்குப் பொருத்தமாக இருக்கிறது.

அடுக்குவது பெரிய கிண்ணத்தில் வேண்டாம். ஆறு சின்ன டம்ளர் எடுத்துக்கொள்ளுங்கள். ஒவ்வொன்றிலும் மூன்று மாரி பிஸ்கட், பழம், கஸ்டர்ட். பிஸ்கட்டையும் பழத்தையும் கரண்டியாலோ இடுக்கியாலோ போடுங்கள். நாலு மணி நேரம் ஃப்ரிட்ஜில் இருந்தால் பிஸ்கட் கேக் மாதிரி மெத்தென்றாகிவிடும். சாப்பிடுகிறவர் தனக்கானதை மட்டும் எடுத்துக்கொள்ளலாம், மற்றவை வெளியே வர வேண்டியதே இல்லை. மறுநாளுக்குள் முடித்துவிடுங்கள். கரண்ட் போனால் ஃப்ரிட்ஜ் கதவைத் திறக்காதீர்கள். மூடியே இருந்தால் ஏறக்குறைய நாலு மணி நேரம் குளிர் நிற்கும். அதற்கு மேல் போனால் மனசு கஷ்டப்பட்டாலும் கொட்டிவிடுங்கள். அரை லிட்டர் பால் போனால் போகிறது.

சர்க்கரை நோய் உள்ளவர்கள் கேட்பார்கள். என் அளவில் ஒரு டம்ளரில் ஏறக்குறைய 40 கிராம் மாவுச்சத்து, அதாவது மூன்று இட்லி. பிரியாணி சாப்பிட்டு அதன்மேல் இது என்றால் நிச்சயம் வேண்டாம். சிறுநீரக நோயாளிகளிடம் நான் இன்னும் கண்டிப்பாகச் சொல்வேன். நாட்டின் முதல் வெற்றிகரமான சிறுநீரக மாற்று சிகிச்சை 1971இல் நடந்தது இந்த ஊரில்தான். டயாலிசிஸுக்காக எங்கெங்கிருந்தோ வந்து லாட்ஜில் தங்கி, அடுப்பு வைத்துச் சமைத்துச் சாப்பிடுகிறவர்களை இங்கே தினமும் பார்க்கிறேன். 100 கிராம் வாழைப்பழத்தில் ஏறக்குறைய 360 மில்லிகிராம் பொட்டாசியம், பாலிலும் உண்டு. பொட்டாசியம் கட்டுப்பாட்டில் இருப்பவர்கள் டாக்டரைக் கேட்காமல் ஒரு வாய்கூட வேண்டாம். இதயத் துடிப்பையே அது தடுமாற வைக்கும்.

அந்தப் பையன் இரண்டாம் நாள் எழுந்து உட்கார்ந்து இட்லி கேட்டான். ஒரு மாதம் கழித்து அவன் அம்மா போன் செய்தார். ஆம்பூரில் நாத்தனார் வீட்டு விசேஷம், எல்லாரும் அதே புட்டிங்கைக் கேட்கிறார்கள், பஸ்ஸில் எடுத்துப் போகலாமா என்றார். அடுக்கி எடுத்துப் போகாதீர்கள் என்றேன். இரவே கஸ்டர்டைத் தாம்பாளத்தில் ஆறவைத்து, ஃப்ரிட்ஜில் நன்றாகக் குளிரவிட்டு, காலையில் டப்பாவில் போட்டு, இரண்டு பக்கமும் உறைந்த தண்ணீர் பாட்டில் வைத்து, துணி சுற்றிய பையில் எடுத்துப் போகச் சொன்னேன். பிஸ்கட் பாக்கெட்டைப் பிரிக்காமல். பழத்தை ஆம்பூரிலேயே வாங்கிக்கொள்ள. போய்ச் சேர்ந்ததும் டப்பா நேராக நாத்தனார் ஃப்ரிட்ஜுக்குள்.

"அவங்க ஃப்ரிட்ஜுல இடம் இருக்காதே மேடம்?"

"கூல் டிரிங்க்ஸை வெளிய எடுத்து வைக்கச் சொல்லுங்கம்மா. அதுக்கு ஒண்ணும் ஆகாது."